காகிதக் கப் வாங்குவதற்கு முன்

கேள்வி: எங்கள் சங்கம் 500 பேர் ஓடும் 10 கி.மீ. ஓட்டம் நடத்துகிறது. போன தடவை பிளாஸ்டிக் பாட்டில் குவிந்துவிட்டது. இந்த முறை காகிதக் கப்புக்கு மாறினால் போதுமா?

போதாது. ஒரு காகிதக் கப்பை ஒரு நாள் தண்ணீரில் ஊறவைத்துத் தேய்த்துப் பாருங்கள். காகிதம் கூழாகக் கரைந்துவிடும், உள்ளே ஒட்டியிருந்த மெல்லிய பிளாஸ்டிக் தனியே கையில் நிற்கும். ‘மட்கும் கப்’ என்று விற்பதில் பெரும்பாலும் இருப்பது பிஎல்ஏ, அதாவது சோளம் போன்ற பயிர்களிலிருந்து செய்யும் ஒரு பிளாஸ்டிக். அது மட்குவதற்கு 60 டிகிரி அளவுக்குச் சூடு நிற்கும் உரக்கூடம் வேண்டும். சாதாரணக் குழியில் போட்டால் அப்படியே கிடக்கும்.

மூன்று இடங்களில் தண்ணீர் கொடுத்தால் 1,500 கப். ஓடுகிறவர் இரண்டு மடக்கு குடிப்பார், மீதியை ஊற்றிவிட்டுக் கப்பை எறிவார். அதனால் கழுவிப் பயன்படுத்தும் டம்ளர்களை இரவல் வாங்குங்கள், பாதி மட்டும் நிரப்புங்கள். டம்ளரைப் போடும் கூடையை மேசைக்குப் பக்கத்தில் வைக்காமல் நூறு மீட்டர் தள்ளி வையுங்கள். குடித்து முடிப்பது அங்கேதான். சொந்தக் குப்பி கொண்டுவருபவர்களுக்குக் குழாய் வைத்த கேன் தனியாக இருக்கட்டும். 2019 லண்டன் மாரத்தானில் கடற்பாசிப் பைகளில் பானம் கொடுத்துப் பார்த்தார்கள். நல்ல முயற்சிதான், ஆனால் 500 பேருக்கு டம்ளரே போதும்.

சரி, கப் கண்ணுக்குத் தெரிகிற குப்பை. தெரியாதது, ஆட்கள் வந்துபோகும் வண்டிப் புகை. ஓட்டத்தின் மொத்தக் கார்பனில் பெரும்பங்கு பெரும்பாலும் இதுதான். விடியற்காலை 5 மணிக்குத் தொடங்கினால் பஸ் இருக்காது, ஆளுக்கொரு காரில்தான் வருவார்கள். வெயில் இடம்கொடுத்தால், முதல் பஸ் வந்த பிறகு தொடங்குங்கள். கூடவே, பதிவுப் படிவத்தில் ‘வண்டியில் இடம் இருக்கிறதா? இடம் வேண்டுமா?’ என்று கேட்டு, பக்கத்துப் பக்கத்து ஆட்களைச் சேர்த்துவிடுங்கள்.

அதே படிவத்தில் ‘டி-சர்ட் வேண்டும்’ என்பதைத் தேர்ந்தெடுத்தால் மட்டும் கொடுங்கள், வேண்டாதவருக்குக் கட்டணத்தைக் குறையுங்கள். ஓட்டத்துக்குத் தரும் டி-சர்ட் பெரும்பாலும் பாலியஸ்டர். அது பெட்ரோலியத்திலிருந்து வருவது, ஒவ்வொரு துவைப்பிலும் நுண்ணிழை உதிர்க்கும். ஏற்கெனவே பத்து டி-சர்ட் வைத்திருப்பவருக்குப் பதினோராவது எதற்கு? 2004-இல் லண்டன் புஷி பூங்காவில் 13 பேரோடு தொடங்கிய ‘பார்க்ரன்’ என்ற வாராந்திர ஓட்டத்தில் முடித்தவருக்குப் பதக்கம் கிடையாது. கையில் தரும் டோக்கனையும் திரும்ப வாங்கி அடுத்த வாரம் கொடுக்கிறார்கள். அப்படியும் கூட்டம் குறையவில்லை.

அப்புறம், பேனரிலும் பதக்கத்திலும் வருடத்தை அச்சிடாதீர்கள். மிஞ்சியது அடுத்த ஆண்டுக்கு உதவும்.