பேர் போட்டு கணக்கு கேட்டா என்ன தப்பு?

"அண்ணா, ஒரு ஸ்டார்ட்அப்ல வேலை பாக்குறேன். சேர்ந்தப்ப இருந்த வெறி இப்ப இல்ல. எந்த வேலை சொதப்புச்சு, யார் பண்ணதுன்னு பேர் போட்டு ஷீட் வெச்சு வாரா வாரம் கேக்குறாங்க. இப்படி கேட்டா புதுசா எப்படி யோசிக்கிறது? மோட்டிவேஷன் வர என்ன வீடியோ பாக்கலாம்? - க., கோவை"

அன்புள்ள க.,

வீடியோவ விடு, அதுல ஒண்ணும் இல்ல. ஆனா கணக்கு கேட்டா புதுசா எதுவும் வராதுன்னு உனக்கு யாருப்பா சொன்னா? கொஞ்ச நாளா எனக்குள்ள ஓடிட்டிருக்கறதும் இதுதான்.

மதுரை அரவிந்த் கண் ஆஸ்பத்திரிய பாரு. டாக்டர் வெங்கடசாமி 1976ல கவர்மெண்ட் வேலைல ரிட்டயர் ஆகி, 58 வயசுல, 11 படுக்கையோட ஆரம்பிச்சாரு, முடக்குவாதத்துல கோணிப்போன விரல வெச்சே ஆபரேஷன் பண்ண பழகினவரு. இதக் கேட்டு எல்லாரும் கண்ணீர் விடுவாங்க, அதோட எழுந்து போயிடுவாங்க. அதுக்கப்புறம் நடந்ததுதான்யா முக்கியம். இலவச கேம்ப்ல கண்புரை ஆபரேஷன் தேவைன்னு சொன்னவங்கள்ல நெறைய பேர் வரவே இல்ல. ஜனங்களுக்கு விழிப்புணர்வு இல்லன்னு சொல்லிட்டு கைய கழுவியிருக்கலாம். அவங்க ஏன் வரலன்னு விசாரிச்சாங்க. பஸ் காசு, சாப்பாடு, கூட வர்றவங்க இழக்கிற கூலி, இதெல்லாம் காரணம்னு தெரிஞ்சுது. அப்புறம் போக வர வண்டி, சாப்பாடு எல்லாமே ஆஸ்பத்திரி பொறுப்பு ஆச்சு. எங்க பெரியம்மா ரெண்டு கண்ணும் மங்கி "யாரு என்ன கூட்டிட்டுப் போவா"ன்னு திண்ணையிலயே கிடந்தா, கேம்ப் பஸ் ஊருக்குள்ள வந்ததாலதான் போனா, திரும்பி வந்து மொதல்ல என்னத்தான் "இவ்ளோ கருத்துட்டியே"ன்னு திட்டுனா.

அங்க ஆபரேஷன்ல சிக்கல் வந்தா எந்த டாக்டர் செஞ்சதுங்கறதோட பதிவு பண்றாங்க. இன்னைக்கு எத்தன ஆபரேஷன்னு மட்டும் எண்ணிருந்தா புரைய எடுத்துட்டு ஏழைக்கு தடிக் கண்ணாடி போதும்னு நின்னிருப்பாங்க. அப்புறம் அவனுக்கு எவ்ளோ தெரியுதுன்னும் கேட்டாங்க பாரு, அதனாலதான் கண்ணுக்குள்ள வைக்கிற இறக்குமதி லென்ஸ் விலை கட்டலன்னதும் 1992ல ஆரோலேப்னு ஒரு தொழிற்சாலை ஆரம்பிச்சு தாங்களே லென்ஸ் செஞ்சாங்கன்னு நான் நினைக்கிறேன்.

நீ என்னடான்னா ஷீட்டுல பேர் வந்துடுச்சுன்னு அழுவுற. நீ சொதப்புனா யாருக்கு என்ன கஷ்டம்னு தெரியுமா? உங்க கஸ்டமர் ஒருத்தர்கிட்டயாவது பேசிருக்கியா?

அந்த ஷீட் ஆளத் திட்டுறதுக்கு மட்டும்தான்னா அது பொறுப்பு கேக்குறது இல்லப்பா, வேற வேலை தேடு, உன்மேல தப்பே இல்ல. அதுக்கு முன்னாடி இந்த வாரமே ஒரு கஸ்டமர பாத்துட்டு வா. என்ன சொன்னாருன்னு எனக்கு எழுது. நேரத்துக்கு சாப்பிடு.