புதுப் பாட்டு வாசிச்சா அது ஏமாத்துறதா?

அன்புள்ள அண்ணே,

நான் சிங்கப்பூர் ஈசூன்ல இருக்கேன், உங்க எழுத்த ரொம்ப நாளா படிச்சிட்டு வரேன். போன மாசம் ஒரு ஹெவி மெட்டல் பேண்ட் கச்சேரிக்குப் போனேன், புது ஆல்பத்துக்கான டூர். டிக்கெட்டுக்கு மட்டும் 200 வெள்ளிக்கு மேல. வாசிச்சதுல கிட்டத்தட்ட பாதி புது ஆல்பம்தான். எங்க சித்தப்பா கேசட்ல கேட்டு வளந்த பாட்டுங்கள்ல ரெண்டு மூணுதான் வந்துச்சு. புதுப் பாட்டு வரும்போதெல்லாம் என் வரிசையில பாதி பேரு ஃபோன எடுத்துட்டாங்க, சில பேரு தண்ணி வாங்கப் போயிட்டாங்க. காசு குடுத்து வர்றவனுக்குப் புடிச்சத வாசிக்காம அவங்க சரக்க விக்கிறது ரசிகனை ஏமாத்துறதுதானே? இங்கிலாந்து ஹெவி மெட்டல் பேண்ட் அயர்ன் மெய்டனோட 2011 கச்சேரிக்கு நீங்க போனதா எழுதியிருந்தீங்க, அதுலயும் புதுப் பாட்டு நிறையன்னு கேள்விப்பட்டேன். உங்களுக்குக் கோவம் வரலையா?

இன்னொண்ணு, நம்ம ஊரு மெட்டல் பேண்ட் ருத்ராவ நான் இதுவரைக்கும் கேட்டதே இல்ல. எந்த ஆல்பத்துல ஆரம்பிக்கலாம்?

வா., ஈசூன்

அன்புள்ள தம்பி,

கோவம் வரல. 200 வெள்ளி சின்னக் காசு இல்ல, அது எனக்கும் தெரியும், ஆனா ஏமாத்துறாங்கன்னு நீங்க சொல்றத என்னால ஒத்துக்க முடியல. ஏன்னு கேட்டா, நீங்க கேட்ட அந்த 2011 கச்சேரியையே எடுத்துக்குங்க.

பிப்ரவரி 15, சிங்கப்பூர் இண்டோர் ஸ்டேடியம். மெய்டன் நம்ம ஊருக்கு வந்தது அதான் முதல் தடவ. 'தி ஃபைனல் ஃபிரண்டியர்' ஆல்பம் 2010 ஆகஸ்ட்ல வந்துச்சு, அந்த டூரோட 2011 சுத்து மாஸ்கோவுல ஆரம்பிச்சு அடுத்த ஊரா நம்ம ஊருக்கு வந்துட்டாங்க, பாடகர் புரூஸ் டிக்கின்சனே போயிங் 757 விமானத்த ஓட்டிக்கிட்டு, ஆளுங்க சாமான் எல்லாம் அதே ஃபிளைட்ல. மொத்தம் 16 பாட்டு, அதுல 5 புதுசு. 'சேட்டலைட் 15... தி ஃபைனல் ஃபிரண்டியர்', 'எல் டொராடோ', 'தி டாலிஸ்மன்', 'கமிங் ஹோம்', 'வென் தி வைல்ட் விண்ட் புளோஸ்'. இதுல 'எல் டொராடோ'வுக்கு ரெண்டு நாள் முன்னாடிதான் கிராமி கெடச்சிருந்துச்சு, அவங்க பேண்டுக்கே அதான் முதல் கிராமி.

இப்ப கேளுங்க. இந்த 5 பாட்டையும் அந்த டூர் முடிஞ்சப்புறம் அவங்க மேடையில வாசிக்கவே இல்ல. அதுக்கப்புறம் எத்தன டூர் வந்துச்சு, எத்தன நாடு போனாங்க, இந்த அஞ்சும் வரல. அவங்களோட பழைய ஹிட் 'ஃபியர் ஆஃப் தி டார்க்' கேக்கணும்னா அதுக்கு முந்தின டூர் பிந்தின டூர் எதுல வேணும்னாலும் கேட்டிருக்கலாம். 'டாலிஸ்மன்' நேர்ல கேக்கணும்னா அந்த ஒரு டூர்தான், நமக்கு அந்த ஒரு ராத்திரிதான். அப்ப அந்த 16-ல எது அரிதான பாட்டு, சொல்லுங்க? நீங்க போன கச்சேரியில ஃபோன எடுத்துட்டு நின்னவங்க விட்டது அந்த மாதிரிப் பாட்டுங்களத்தான். பழசு திரும்ப வந்துரும் தம்பி, புதுசு வரும்னு எந்த உத்தரவாதமும் கிடையாது. மெய்டனே 1986-ல ரெக்கார்ட் பண்ணின 'அலெக்சாண்டர் தி கிரேட்'ட முதல் முதலா மேடையில வாசிச்சது 2023-ல, 37 வருஷம் கழிச்சு! அந்த ஆல்பத்தோட டூர்லயே வாசிக்காம விட்டதால ஒரு தலைமுறையே அதுக்காக ஏங்கிச்சு.

'டாலிஸ்மன்' பத்தி கொஞ்சம் சொல்லணும், ஏன்னா அன்னிக்கி எனக்கு அந்தக் கச்சேரியே அந்தப் பாட்டுதான். 9 நிமிஷப் பாட்டு. ஆரம்பத்துல அகூஸ்டிக் கிட்டார் மட்டும் மெதுவா, டிக்கின்சன் குரல் ஏதோ கதை சொல்ற மாதிரி அடங்கி வரும், என் பக்கத்துல நின்ன பையன் அவன் ஃபிரண்டுகிட்ட எதோ பேசிட்டு இருந்தான், சரி ஸ்லோ பாட்டுன்னு நெனச்சிருப்பான், அப்புறம் மூணு கிட்டாரும் டிரம்ஸும் ஒண்ணா விழுந்துச்சு பாருங்க, அவன் பேச்ச நிறுத்திட்டு மேடையப் பாத்தவன் பாட்டு முடியிற வரைக்கும் திரும்பவே இல்ல. கதை என்னன்னா, சொந்த ஊர்ல வாழ வழியில்லாம கப்பல்ல ஏறி மேற்க போறவங்க, கரையில விட்டுட்டு வந்த சனங்க, ஏத்தக் கூடாத அளவுக்கு ஆள ஏத்தின கப்பல், புயல், சீக்கு, கடைசியில கரை தெரியும்போது கதை சொல்றவனே சாகக் கெடக்கான். எங்க தாத்தா நாகப்பட்டினத்துல ரஜூலா கப்பல் ஏறி இங்க வந்தவரு. டெக் டிக்கெட். மேல்தட்டுல பாய் விரிச்சுப் படுத்துக்கிட்டு, வாந்தி எடுத்துக்கிட்டு, கூட வந்த ஒருத்தர் வழியிலயே போயிட்டாருன்னு சொல்லுவாரு, அதுக்கு மேல சொல்ல மாட்டாரு. 1926-லேர்ந்து 1973 வரைக்கும் ஓடின கப்பல் அது, நம்ம சிங்கப்பூர்த் தமிழ்க் குடும்பங்கள்ல எத்தனையோ பேருக்கு வீட்டுல ரஜூலா கதை ஒண்ணு இருக்கும். அந்தப் பாட்ட எழுதின மெய்டன்காரங்க ஸ்டீவ் ஹாரிஸும் ஜானிக் கெர்ஸும் எங்க தாத்தாவ நெனச்சு எழுதல, ஆனா கல்லாங்ல, அந்த ஸ்டேடியத்துல நின்னு அதக் கேட்டப்ப எனக்கு அவர் ஞாபகம்தான் வந்துச்சு, கண்ணு கலங்கிடுச்சு. பழைய ஹிட் மட்டும் வாசிச்சுட்டுப் போயிருந்தா இது எனக்குக் கெடச்சிருக்காது.

சரக்க விக்கிறாங்கன்னு சொன்னீங்க. இப்ப ஆல்பம் வித்து பெருசா யாரும் சம்பாதிக்கிறதில்ல, டூர்லயும் டி-ஷர்ட்லயும்தான் காசு, அந்தக் காசுக்குப் பழைய பாட்டு வாசிக்கிறதுதான் சுலபமான வழி, ஆபத்தே இல்ல. புதுசு வாசிக்கிற பேண்டுதான் கைதட்டல விட்டுக்குடுக்குது. 2006-ல மெய்டன் 'எ மேட்டர் ஆஃப் லைஃப் அண்ட் டெத்' ஆல்பத்த முழுசா, மொத பாட்டுலேர்ந்து கடைசிப் பாட்டு வரைக்கும், மேடையில வாசிச்சாங்க, உங்கள மாதிரியே நிறைய பேரு கத்தினாங்க. ஆனா அடுத்த வருஷம் மார்ச்ல பெங்களூரு வந்தப்ப அப்படி செய்யல. இந்தியாவுக்கு அவங்க வந்தது அதான் முதல் தடவ, புதுசக் குறைச்சுக்கிட்டு பழசக் கூட்டினாங்க. நம்ம ஊர்லயும் பழசுக்குக் குறை வைக்கல, 'தி ட்ரூப்பர்', 'தி நம்பர் ஆஃப் தி பீஸ்ட்', 'ஹாலோட் பி தை நேம்' எல்லாம் வந்துச்சு. யாருக்கு வாசிக்கிறோம்னு யோசிக்கிறவங்கதான் அவங்க. அமெரிக்க மெட்டல் பேண்ட் மெட்டாலிகா '72 சீசன்ஸ்' ஆல்பம் டூர்ல வேற வழி புடிச்சாங்க, ஒரே ஊர்ல ரெண்டு ராத்திரி, முதல் நாள் வாசிச்ச பாட்டு ஒண்ணுகூட மறுநாள் வராது. நல்ல யோசனைதான், ஆனா ரெண்டு டிக்கெட் வாங்கணுமே, நம்ம பக்கம் அது எல்லாருக்கும் கட்டுப்படியாகாது.

உங்க பக்கம் நியாயம் இருக்கிற இடம் ஒண்ணு இருக்கு, அது சவுண்ட். தெரிஞ்ச பாட்டுன்னா மிக்ஸ் எவ்ளோ மோசமா இருந்தாலும் நம்ம மண்டையே மிச்சத்த நிரப்பிக்கும், கிட்டார் கேக்கலைன்னாலும் கேட்ட மாதிரி இருக்கும். புதுப் பாட்டுக்கு அந்த ஞாபகம் கிடையாது. பேஸ் டிரம் எல்லாத்தையும் முழுங்கிட்டா புதுப் பாட்டு வெறும் இரைச்சலாப் போயிடும், கேக்குறவன் ஃபோன எடுக்கத்தான் செய்வான். புதுசு வாசிக்கிற பேண்ட் சவுண்டுக்கு ரெண்டு மடங்கு கவனம் எடுக்கணும், அத எடுக்காத பேண்ட் மேல எனக்கும் கோவம் வரும். நீங்க போன கச்சேரியில அப்படி இருந்துச்சான்னு யோசிச்சுப் பாருங்க, இருந்துச்சுன்னா உங்க கோவம் நியாயமானது, ஆனா அது பாட்டு மேல வர வேண்டிய கோவம் இல்ல.

நீங்களும் ஒண்ணு செய்யணும். அடுத்த கச்சேரிக்கு டிக்கெட் எடுத்த உடனே புது ஆல்பத்த எம்ஆர்டி ரயில்ல போகும்போது வரும்போது முழுசா கேளுங்க, ஷஃபிள் வேணாம், வரிசையா. ரெண்டு வாரம் போதும். அப்புறம் போய் நில்லுங்க. 2011-ல நாங்க கேட்டது எப்படி இருந்துச்சுன்னு தெரியணும்னா 'என் வீவோ' லைவ் ஆல்பம் இருக்கு, அதே வருஷம் ஏப்ரல்ல சிலி நாட்டு சாண்டியாகோவுல ரெக்கார்ட் பண்ணினது, பாட்டு லிஸ்ட் நமக்கு வாசிச்சதேதான். அதுல 'டாலிஸ்மன்' மொதல்ல போடுங்க.

ருத்ரா கேட்டீங்களே, சந்தோஷமா இருக்கு. 1992-ல நம்ம ஊர்ல ஆரம்பிச்ச பேண்ட், டெத் மெட்டலோட சமஸ்கிருத மந்திரத்தையும் வேதாந்தத்தையும் சேத்து வேதிக் மெட்டல்னு ஒரு வழியையே போட்டவங்க, பாடுறதும் பேஸும் கதிர், டிரம்ஸ் சிவா. முதல் ஆல்பம் 1998-ல வந்துச்சு. நீங்க அதுல ஆரம்பிக்க வேணாம், 2005-ல வந்த 'பிரம்மவித்யா: பிரைமார்டியல் ஐ'ல ஆரம்பிங்க, அது மூணு ஆல்பத் தொடர், அடுத்தது 2009, கடைசி 2011. மூணையும் கேட்டுட்டு 2022-ல வந்த 'எய்ட் மகாவித்யாஸ்'க்கு வாங்க. முப்பது வருஷமா புதுசு புதுசா எழுதிட்டே இருக்காங்க, ஸ்டேடியம் கூட்டத்த இழுக்கிற பழைய ஹிட்டுன்னு எதையும் நம்பாம. எங்கயாவது சின்னக் கச்சேரியில அவங்க பேரு பாத்தீங்கன்னா டிக்கெட் எடுத்துருங்க, அது 200 வெள்ளி ஆகாது.

அன்புடன்,
அண்ணன்