பையன் பீட் போடுகிறான், மாமா சீட் பிடித்துவிட்டார்

திருப்பூரிலிருந்து ஒரு தாய் எழுதியிருக்கிறார். மகன் பிளஸ் டூ, கணிதத்தோடு கணினி அறிவியல் படிக்கும் பிரிவு. மூன்று நண்பர்களோடு ஹிப்ஹாப் குழு வைத்திருக்கிறான். நால்வருமே ராப் பாடுவார்கள். பாட்டுக்கு அடியில் ஓடும் இசையை, அதாவது பீட்டை, போடுவது மட்டும் இவன் வேலை. கணவர் பனியன் கம்பெனிகளுக்கு ஜாப் ஒர்க் தைத்துக் கொடுப்பவர், எட்டு பவர் டேபிள் தையல் இயந்திரம் ஓடுகிறது. தாய்மாமன் கோவைப் பக்கம் ஒரு தனியார் கல்லூரியில் மேனேஜ்மென்ட் கோட்டாவில் 'ஏஐ அண்ட் டேட்டா சயின்ஸ்' சீட் பேசி வைத்திருக்கிறார். ஆண்டுக்கு 2.5 லட்சம், விடுதிக்கு 1 லட்சம். இடத்தைப் பிடித்து வைக்க இந்த வாரமே 50,000 கட்ட வேண்டுமாம். "ராத்திரி ரெண்டு மணி வரைக்கும் ஹெட்போன மாட்டிட்டு உக்காந்திருக்கானுங்க, கெட்டுப் போயிட்டானோன்னு பயமா இருக்குங்க" என்று முடிக்கிறார்.

அம்மா, பையன் கெட்டுப் போகவில்லை. ஆறுதல் இவ்வளவுதான், இனி கணக்குப் பேசுவோம்.

நான்கு ஆண்டுக்கு 14 லட்சம். 11 சதவீத வட்டியில் பத்தாண்டுக் கடனாக எடுத்தால் மாதத் தவணை 19,000 ரூபாயைத் தாண்டும். அடைத்து முடிக்கும்போது ஏறக்குறைய 23 லட்சம் கட்டியிருப்பீர்கள். படிக்கும் காலத்தில் ஏறும் வட்டி இதில் சேரவில்லை. சீட் பேசிய மாமா அதில் ஒரு தவணையாவது கட்டுவாரா என்று ஒரு வார்த்தை கேட்டுப் பாருங்கள். மனம் ஒட்டாத பிள்ளை முதல் ஆண்டுக் கணிதத்திலேயே அரியர் வைப்பான். அரியர் இருப்பவனைப் பல நிறுவனங்கள் கேம்பஸ் நேர்காணலில் உட்காரவே விடுவதில்லை. பட்டத்தின் பெயரில் ஏஐ இருக்கிறது என்பதற்காக இவ்வளவு பணத்தைக் கொட்டாதீர்கள்.

"ஹிப்ஹாப் ஆதியே இன்ஜினியரிங் படிச்சவர்தானே" என்று மாமா சொன்னதாகவும் எழுதியிருக்கிறீர்கள். உண்மைதான். எம்.பி.ஏ.வும் படித்தார், பின்னாளில் இசைத் தொழில்முனைவில் முனைவர் பட்டமும் வாங்கினார். ஆனால் 2012ல் 'ஹிப்ஹாப் தமிழன்' ஆல்பம் வந்ததற்கோ, 2015ல் வெளியான 'ஆம்பள' படத்துக்கு இசையமைக்க அழைப்பு வந்ததற்கோ அந்த இன்ஜினியரிங் சான்றிதழை யாரும் கேட்கவில்லை. ஆதிக்கும் அவரது ஜோடி ஜீவாவுக்கும் பாட்டு எழுத, பாட மட்டுமல்ல, இசையைக் கட்டி முடிக்கவும் தெரிந்திருந்தது. மாமா எடுத்துக்காட்டிய ஆளே மாமாவின் கட்சிக்கு எதிராகத்தான் நிற்கிறார்.

தம்பிக்கும் இதில் ஒரு வார்த்தை உண்டு. ராப் பாடுவதை மட்டும் நம்பி இறங்குவதற்கு நான் சரி சொல்ல மாட்டேன். மலேசியாவின் யோகி பி 1990களிலேயே பொயட்டிக் அம்மோ குழுவில் பாடியவர். நட்சத்திராவோடு சேர்ந்து 'வல்லவன்' ஆல்பம் கொண்டுவந்தது 2006ல். நடுவில் எத்தனை ஆண்டு என்று எண்ணிப் பார். ஸ்ட்ரீமிங்கில் ஒரு முறை கேட்டால் கிடைப்பது காசுக் கணக்கு. குழுவின் முதல் சில ஆண்டு வருமானம் மேடையிலிருந்துதான் வரும், அதுவும் மழைக்காலத்திலும் தேர்வுக் காலத்திலும் நின்றுவிடும்.

ஆனால் இவன் குழுவில் செய்வது இரண்டு வேலை. வீட்டார் கண்ணில் பட்டது மைக் பிடிக்கும் வேலை மட்டும். சோறு போடக்கூடியது ராத்திரி இரண்டு மணி வரைக்கும் நடக்கும் அந்த ஹெட்போன் வேலை.

அது என்னவென்று வீட்டில் யாருக்கும் தெரியாது என்பதால் சொல்கிறேன். ராப் பாட்டில் ஒரு வெர்ஸ், அதாவது சரணம் போன்ற பகுதி, வழக்கமாக 16 பார்; ஒரு பார் என்பது நான்கு தட்டு. 90 பிபிஎம், அதாவது நிமிடத்துக்கு 90 தட்டு வேகத்தில் அது 43 வினாடிதான் ஓடும். அந்த 43 வினாடிக்கு முதலில் டிரம்ஸ் வேண்டும், அடியில் 808 எனப்படும் ஆழ்ந்த பாஸ் ஒலி வேண்டும். கிக் டிரம்மும் 808ம் ஒரே நேரத்தில் விழுந்தால் ஒன்றையொன்று தின்றுவிடும். கிக் அடிக்கும் கணத்தில் பாஸை லேசாக அமுக்கிவிடும் சைட்செயின் அங்கேதான் தேவைப்படுகிறது. பிறகு குரல். முதன்மைக் குரல் ஒரு தடத்தில், அதே வரியை மறுபடி பாடிய டபுள் இன்னொன்றில், "ஏய்", "ஹா" போன்ற ஆட்லிப் வேறொன்றில். தமிழில் 'ப்ப' வரும் இடமெல்லாம் மைக்கில் காற்று 'டம்' என்று மோதும். மைக்கை வாயிலிருந்து ஒரு சாண் தள்ளி, நேர் எதிரே வைக்காமல் சற்றுச் சாய்த்து வைக்க வேண்டும். ஒலி அளவு உச்சத்திலும் மைனஸ் 6 டெசிபலைத் தாண்டாமல் பதிய வேண்டும். பதியும்போதே சிதறிப்போன குரலை எந்த மென்பொருளாலும் முழுதாகச் சரிசெய்ய முடியாது. 80 ஹெர்ட்ஸுக்குக் கீழே உள்ள உறுமலை வெட்டி, 5 முதல் 8 கிலோஹெர்ட்ஸில் 'ஸ்' குத்துவதை அடக்கி, ஏற்ற இறக்கத்தைக் கம்ப்ரஸரால் சமன்படுத்தி, கடைசியில் செல்போன் ஸ்பீக்கரிலும் ஆட்டோ ஸ்பீக்கரிலும் கேட்டுப் பார்க்க வேண்டும். செல்போனில் 808ன் அடிநாதம் கேட்கவே கேட்காது. அதற்குக் கொஞ்சம் சாச்சுரேஷன், அதாவது ஒலியை லேசாகச் சிதைக்கும் வித்தை, போட்டு மேல் ஸ்வரங்களை எழுப்பினால்தான் பாஸ் அங்கே இருப்பதாகக் காது நம்பும்.

இதைச் செய்யத் தெரிந்தவன் ஒலிப்பதிவுத் தொழிலில் கால் வைத்தாயிற்று. ராப் குரலைச் சுத்தம் செய்யும் அதே கைதான் டப்பிங்கில் வசனத்தைச் சுத்தம் செய்கிறது. ஓடிடி தொடர்களின் மொழிமாற்றம், விளம்பரம், படப்பிடிப்புத் தளத்தில் நேரடி ஒலிப்பதிவு, காலடி, கதவுச் சத்தம் போன்றவற்றைப் படத்துக்காகத் தனியே உருவாக்கும் ஃபோலி, கல்யாண மண்டபம் தொடங்கிக் கச்சேரி மேடை வரை ஒலி அமைப்பு என்று எல்லாவற்றுக்கும் ஆள் தேவை. பாட்டு ஓடினாலும் ஓடாவிட்டாலும் இந்த வேலை இருக்கும்.

இதற்கு நம் அரசே நடத்தும் பட்டப்படிப்பு ஒன்று இருக்கிறது. சென்னை தரமணியில் உள்ள எம்.ஜி.ஆர். அரசு திரைப்படம் மற்றும் தொலைக்காட்சிப் பயிற்சி நிறுவனத்தில் இளங்கலை காட்சிக்கலை, பிரிவு ஒலிப்பதிவு. நான்கு ஆண்டு. தமிழ்நாடு இசை மற்றும் கவின்கலைப் பல்கலைக்கழகத்தின் பட்டம். கட்டணம் அரசுக் கட்டணம்; நீங்கள் சொன்ன 2.5 லட்சத்தோடு ஒப்பிடவே முடியாது. இது பொறியியல் கலந்தாய்வுப் பட்டியலில் வராது, தனி அறிவிப்பு, தனி விண்ணப்பம். ஊரில் யாரும் இதைச் சொல்லாததற்குக் காரணம் அதுதான்; இதில் தரகருக்கும் வேலையில்லை. ஒலிப்பதிவுப் பிரிவுக்கு இயற்பியலும் வேதியியலும் வேண்டும், உங்கள் மகனின் பிரிவில் இரண்டும் இருக்கின்றன. மதிப்பெண் விதி, வயது வரம்பு, கடைசித் தேதி மூன்றையும் இந்த ஆண்டு அறிவிப்பில் நீங்களே படியுங்கள், காதால் கேட்டதை நம்ப வேண்டாம். இடங்கள் மிகக் குறைவு. ஆகவே ஆர்வம் இருக்கிறது என்று சொன்னால் மட்டும் போதாது. அறையின் எதிரொலி ஏன் வருகிறது, டைனமிக் மைக்குக்கும் கண்டென்ஸர் மைக்குக்கும் என்ன வேறுபாடு, படத்துக்கு ஒலி ஏன் 48 கிலோஹெர்ட்ஸில் பதியப்படுகிறது என்றெல்லாம் கேட்டால் தடுமாறாமல் சொல்லத் தெரிய வேண்டும். பிளஸ் டூ இயற்பியலில் அலைகள் பாடத்தை இனியாவது தேர்வுக்காக இல்லாமல் படிக்கச் சொல்லுங்கள்.

இடம் கிடைக்காவிட்டால்? திருப்பூரிலேயே சிக்கண்ணா அரசு கலைக் கல்லூரி இருக்கிறது. இயற்பியல் கிடைத்தால் நல்லது, இல்லையென்றாலும் ஏதோ ஒரு பட்டம், வீட்டிலிருந்தே போய் வரலாம். பட்டத்தோடும் பள்ளியில் படித்த இயற்பியலோடும் புனே திரைப்படக் கல்லூரி, கொல்கத்தா சத்யஜித் ரே நிறுவனம் ஆகியவற்றின் மூன்றாண்டு ஒலிப் படிப்புக்கு விண்ணப்பிக்கலாம். நடுவில் உள்ள மூன்று ஆண்டில் குழுவும் நடக்கும். சில லட்சம் வாங்கிக்கொண்டு ஓராண்டில் 'மியூசிக் ப்ரொடியூசர்' ஆக்கித் தருவதாகச் சொல்லும் தனியார் அகாடமிகளுக்குக் கடன் வாங்கிச் சேர்க்காதீர்கள். மென்பொருளில் எந்தப் பொத்தான் எங்கே என்பதை உங்கள் மகன் ஏற்கெனவே அறிவான், மீதியைக் காதுதான் கற்க வேண்டும்.

விருப்பம் உண்மையா என்று எப்படிக் கண்டுபிடிப்பது என்று கேட்டிருக்கிறீர்கள். அவனிடம் எத்தனை பீட் இருக்கிறது என்று கேட்காதீர்கள், நூறு என்பான். முடித்த பாட்டு எத்தனை என்று கேளுங்கள். எட்டு பாரில் ஆரம்பித்துச் சுகமாகச் சுற்றிக்கொண்டே இருந்துவிட்டு அடுத்ததற்குத் தாவுவதுதான் இந்த வயதில் எல்லோருக்கும் வரும் நோய். பொதுத்தேர்வு முடிந்த கையோடு மூன்று மாதம் கொடுங்கள். ஆறு பாட்டு, தொடக்கம் முதல் முடிவு வரை. ஒவ்வொன்றுக்கும் ஸ்டெம்கள், அதாவது டிரம்ஸ், பாஸ், குரல் என்று பிரித்த கோப்புகள், தனித்தனியாக: எல்லாம் முதல் பாரிலிருந்தே தொடங்க வேண்டும், 24 பிட் வேவ் கோப்பு, கோப்பின் பெயரில் பிபிஎம்மும் சுருதியும், ஒலியை உச்சத்தில் அமுக்கும் லிமிட்டர் மாஸ்டரில் இல்லாமல். இதில் ஒன்று தவறினாலும் மிக்ஸிங் என்ஜினியர் கோப்பைத் திருப்பி அனுப்பிவிடுவார். ஆறில் நான்கு பாட்டாவது முடிந்தால் பேசலாம். ஒன்றரைப் பாட்டோடு நின்றுவிட்டால், அப்போது அவனிடம் நீங்கள் கண்டிப்பாகப் பேசுவதில் தவறே இல்லை.

கருவி வாங்கித் தரச் சொல்லி அடம் பிடிப்பான். உச்சவரம்பு 35,000 ரூபாய், அதற்கு மேல் ஒரு பைசா வேண்டாம். மைக்கைக் கணினியோடு இணைக்கும் இரண்டு சேனல் ஆடியோ இன்டர்ஃபேஸ், ஒரு நல்ல டைனமிக் மைக், மூடிய வகை ஹெட்போன் மூன்றும் அதற்குள் வந்துவிடும். டைனமிக் மைக் எதற்கென்றால், உங்கள் வீட்டில் பவர் டேபிள் ஓடுகிறது. கண்டென்ஸர் மைக் தெருமுனை ஹாரன் வரை உள்ளே இழுத்துப் போடும். மானிட்டர் ஸ்பீக்கர் இப்போது வேண்டவே வேண்டாம். பத்தடிக்குப் பத்தடி அறையில் 56 ஹெர்ட்ஸ் வாக்கில் ஒலி சுவருக்குச் சுவர் மோதித் தேங்கும். 808ன் அடிநாதம் விழுவதும் அந்த இடத்தில்தான். சுவரோரம் பாஸ் இடிக்கும், நடு அறையில் காணாமல் போகும். நடுவில் உட்கார்ந்து கேட்பவன் பாஸைக் கூட்டிக்கொண்டே போவான், வெளியே காரில் போட்டால் கண்ணாடி அதிரும். பெட்டி பெட்டியாக ஃபோம் ஒட்டுவதாலும் இது தீராது, மெல்லிய ஃபோம் மேல் ஸ்வரங்களை மட்டுமே விழுங்கும். குரல் பதிய பீரோவைத் திறந்து வைத்து, துணிகளுக்கு முதுகைக் காட்டி நின்றாலே போதும். மைக் பார்ப்பது அந்தத் துணிகளைத்தான். உங்கள் வீட்டில் துணிக்கா பஞ்சம்? உறுமல் கேட்டால் லேப்டாப் சார்ஜரைக் கழற்றிப் பார்க்கச் சொல்லுங்கள். பாதிக் கோளாறு பிளக்பாயின்டில் எர்த் சரியில்லாததால் வருவது.

இனி அப்பாவுக்கு. இந்தத் தொழிலில் நீங்கள் மகனுக்குக் கற்றுக்கொடுக்க வேண்டியது ஒன்று இருக்கிறது, அது உங்களுக்கு நன்றாகவே தெரியும். பீஸ் ரேட் பேசாமல் துணியில் கை வைப்பீர்களா? இந்த நால்வரும் ஒரு வருடமாக ரேட் பேசாமல் தைத்துக்கொண்டிருக்கிறார்கள். யார் வரி எழுதினார், யார் இசை செய்தார், யாருக்கு எத்தனை சதவீதம் என்று ஒவ்வொரு பாட்டுக்கும் ஒரு தாள், நால்வர் கையெழுத்து, தேதி. பதிவு முடிந்த அன்றே எழுத வேண்டும். பாட்டு ஓடிய பிறகு எழுத உட்கார்ந்தால் குழு உடையும். 'எஞ்சாயி எஞ்சாமி' 2021ல் எங்கெங்கோ ஒலித்தது. அதிலிருந்து ஒரு ரூபாய்கூட வரவில்லை என்று 2024ல் சந்தோஷ் நாராயணன் வெளிப்படையாகவே சொன்னார். பெயர் பெற்றவர்களுக்கே இந்த நிலை என்றால் பிளஸ் டூ பையன்கள் எம்மாத்திரம்!

வரிக்கும் இசைக்கும் உரிய ராயல்டியை வசூலிப்பது ஐ.பி.ஆர்.எஸ். என்ற சங்கம். பதிவு செய்த ஒலிக்கு உரிமை வேறு, அது யார் செலவில் பதிவானதோ அவருடையதாகப் போகும். இந்த இரண்டையும் குழப்பிக்கொண்டுதான் பலர் கையெழுத்திடுகிறார்கள். பழைய சினிமாப் பாட்டிலிருந்து இரண்டு வினாடி வெட்டிப் போட்டாலும் இசைக்கு ஓர் அனுமதி, ஒலிப்பதிவுக்கு ஓர் அனுமதி என இரண்டு வாங்க வேண்டும். இணையத்தில் 'ஃப்ரீ' என்று கிடைக்கும் பீட்டும் பெரும்பாலும் லாபமில்லாப் பயன்பாட்டுக்கு மட்டும்தான். அதே பீட்டை இன்னும் நூறு பேர் எடுத்திருப்பார்கள், பாட்டை யூடியூபில் ஏற்றியதும் உரிமைக் கோரிக்கை வந்து நிற்கும். சொந்தமாக பீட் போடுபவன் குழுவில் இருப்பதன் மதிப்பு அப்போதுதான் மற்ற மூவருக்கும் புரியும்.

உங்கள் மகனுக்கு இன்னும் 18 ஆகவில்லை. அவன் தனியாகப் போடும் ஒப்பந்தம் சட்டப்படி செல்லாது என்பதால், பாட்டை வெளியிடும் எந்த லேபிள் நிறுவனம் வந்தாலும் பெற்றோர் கையெழுத்தைத்தான் கேட்கும். அந்தத் தாள் வரும்போது இரண்டு இடத்தைப் பாருங்கள்: எத்தனை ஆண்டுக்கு, எந்தெந்தப் பாட்டுக்கு. 'நிரந்தரமாக', 'இனி உருவாக்கும் அனைத்தும்' என்று எழுதியிருந்தால் வக்கீலிடம் காட்டாமல் பேனாவை எடுக்காதீர்கள்.

மாமா கேட்கும் 50,000ஐ இந்த வாரம் கட்ட வேண்டாம். கட்டியே ஆக வேண்டும் என்று நின்றால், கல்லூரி பெயரில் ரசீது கொடுக்கச் சொல்லுங்கள், சேராவிட்டால் எவ்வளவு திருப்பித் தருவார்கள் என்பதையும் எழுத்தில் கேளுங்கள். தரமணி அறிவிப்பு வந்ததும் விண்ணப்பத்தின் நகலை அனுப்புங்கள். அதற்குள் பாட்டு ஒன்றாவது முடிந்திருந்தால் அதையும் சேர்த்து, ஸ்டெம்களோடு.