மாட்டில் தெரியும் உண்ணியும் காட்டில் தெரியாத உண்ணியும்

கேள்வி: பந்தலூர் பக்கம் காட்டோரத்தில் குடியிருக்கிறோம். இரண்டு பசுக்களும் ஒரு நாயும் உள்ளன. கணவர் வயநாட்டுக் காப்பித் தோட்டத்துக்கு வேலைக்குப் போய் வருகிறார். சென்ற வாரம் மகளின் காதுக்குப் பின்னால் உண்ணி ஒன்று ஒட்டியிருந்தது. மாமியார் மண்ணெண்ணெய் தடவி எடுத்தார். எல்லா உண்ணியும் நோய் பரப்புமா? எப்படி அடையாளம் காண்பது, எப்படித் தடுப்பது?

பதில்: உண்ணியின் இனத்தை உறுதிசெய்ய நுண்ணோக்கி வேண்டும். ஆனால் அது எங்கே கிடைத்தது, எவ்வளவு பெரியது என்ற இரண்டும் தெரிந்தாலே உங்கள் தேவைக்குப் பெரும்பாலும் போதும். பசுவின் மடியிலும் வாலடியிலும் சாம்பல் நிறத்தில் உப்பிக் கிடப்பவை பெரும்பாலும் மாட்டு உண்ணிகள். அவை குஞ்சுப் பருவம் முதல் முட்டையிடக் கீழே விழும் வரை ஒரே மாட்டின் மீது வாழ்வதால் மனிதரைக் கடிப்பது அரிது. நாயின் காதிலும் விரலிடுக்கிலும் இருக்கும் செம்பழுப்பு உண்ணி அப்படியல்ல. அது சுவர் வெடிப்பிலும் கட்டிலடியிலும் ஒளிந்து வாழும். ஒரு பெண் உண்ணி ஆயிரக்கணக்கில் முட்டையிடும். உண்ணிக் காய்ச்சல் எனப்படும் ரிக்கெட்சியா தொற்றை மனிதருக்குக் கடத்தவும் வல்லது.

உங்கள் பகுதியில் நான் அதிகம் அஞ்சுவது மூன்றாவதான காட்டு உண்ணிக்குத்தான். குரங்குக் காய்ச்சலைப் பரப்பும் ஹீமாபைசாலிஸ் வகை உண்ணி இளம் பருவங்களில் எலி, பறவை, குரங்கு ஆகியவற்றின் இரத்தத்தைக் குடிக்கிறது. வளர்ந்தபின் மாடு போன்ற பெரிய விலங்குகளை நாடுகிறது. மனிதரைக் கடிப்பது பெரும்பாலும் கசகசா அளவே உள்ள எட்டுக்கால் இளம் உண்ணி என்பதால், நோயுற்றவர்களில் பலருக்குத் தம்மை ஏதும் கடித்த நினைவே இருப்பதில்லை. 1957இல் கர்நாடகத்தின் கியாசனூர் காட்டில் கண்டறியப்பட்ட இந்நோய் பின்னர் வயநாட்டுக்கும் நீலகிரிக்கும் பரவியது. 2015இல் வயநாட்டில் மட்டும் 100க்கும் மேற்பட்டோர் பாதிக்கப்பட்டனர். இளம் உண்ணிகள் மிகுந்திருக்கும் டிசம்பர் முதல் மே வரையிலான வறண்ட மாதங்களே இதற்குரிய காலம். மழைக்காலத்து அட்டைக்குக் காலுறை கட்டிக்கொள்ளும் நம்மவர்கள் இந்த மாதங்களில் செருப்போடு சருகில் நடப்பதுதான் வேடிக்கை.

ஆகவே விறகு பொறுக்கவோ சருகு அள்ளவோ தோட்ட வேலைக்கோ செல்பவர் முழுக்கைச் சட்டை அணிந்து, கால்சட்டையின் முனையைக் காலுறைக்குள் செருகிக்கொள்ள வேண்டும். வெளிர் நிறத் துணியில் உண்ணி ஊர்வது எளிதில் தெரியும். டீட் அல்லது டெபா கலந்த பூச்சிவிரட்டியைத் திறந்திருக்கும் தோலில் தடவலாம். சருகின் மேல் உட்காருவதையும் படுப்பதையும் தவிர்ப்பது நல்லது. வீடு திரும்பியதும் துணிகளை வெந்நீரில் ஊறவைத்து, சோப்பிட்டுக் குளித்து, அக்குள், தொடையிடுக்கு, முழங்கால் பின்புறம், காது மடல், தலைமுடி ஆகிய இடங்களைத் தடவிப் பார்க்க வேண்டும். இறந்த குரங்கைக் கண்டால் அருகே செல்லாதீர்கள். உடல் குளிர்ந்ததும் உண்ணிகள் இறங்கிச் சுற்றிலும் பரவும். வனத்துறைக்கோ ஆரம்ப சுகாதார நிலையத்துக்கோ உடனே தெரிவிக்க வேண்டும்.

காட்டில் மேய்ந்து வரும் பசு தொழுவத்துக்கு உண்ணியைக் கொண்டுவரும். கால்நடை மருத்துவரிடம் மருந்து பெறும்போது, எத்தனை நாள் பாலைப் பயன்படுத்தக் கூடாது என்றும் கேட்டுக்கொள்ளுங்கள். நாய்க்கு மருந்திடுவதோடு அது படுக்கும் இடத்தின் வெடிப்புகளையும் பூசி அடையுங்கள். வீட்டில் பூனை இருந்தால், பெர்மெத்ரின் கலந்த நாய் மருந்து அதன் மேல் படவே கூடாது. அது பூனையைக் கொல்லும்.

மண்ணெண்ணெய், சுண்ணாம்பு, தீக்குச்சி எதுவும் வேண்டாம். உண்ணி தானாக விழும்வரை காத்திருப்பதில் நேரம் வீணாகிறது; எரிச்சலுற்ற உண்ணி தன் உமிழ்நீரைக் காயத்துக்குள் செலுத்தவும் கூடும். கூர்முனை இடுக்கியால் தோலை ஒட்டி, வாய்ப் பகுதியைப் பிடித்து, திருகாமல் சீராக மேல்நோக்கி இழுங்கள். நகத்தால் நசுக்க வேண்டாம். எடுத்ததை ஸ்பிரிட் உள்ள சிறு குப்பியில் போட்டு, தேதி எழுதி வைத்துவிட்டு, கடிவாயையும் கையையும் சோப்பால் கழுவுங்கள்.

உங்கள் மகளுக்குக் காய்ச்சல் இல்லையெனில் மருந்து எதுவும் தேவையில்லை. கடித்த நாளிலிருந்து இரண்டு வாரம் கவனித்தால் போதும். குரங்குக் காய்ச்சல் பெரும்பாலும் 3 முதல் 8 நாட்களுக்குள் திடீர்க் காய்ச்சல், கடும் தலைவலி, உடல்வலி, வாந்தியோடு தொடங்கும். சிலருக்கு இரத்தக்கசிவும் ஏற்படும். இதைக் குணப்படுத்தும் தனி மருந்து இல்லை. மருத்துவமனைப் பராமரிப்பே உயிர் காக்கும். உள்ளங்கையிலும் உள்ளங்காலிலும் கூடப் புள்ளிகள் தோன்றினால் உண்ணிக் காய்ச்சலை ஐயுற வேண்டும். மறைவிடத்தில் வலியற்ற கருமையான பொருக்கு தென்பட்டால், கண்ணுக்கு எளிதில் புலப்படாத வேறொரு சிற்றுயிரியின் குஞ்சு பரப்பும் ஸ்க்ரப் டைபஸாகவும் இருக்கலாம். இவ்விரண்டும் டாக்ஸிசைக்ளினுக்குக் கட்டுப்படும் என்பதால் தாமதமே பெரிய ஆபத்து. காய்ச்சல் வந்தால் ஆஸ்பிரின், இபுபுரூஃபென் தராமல் பாராசிட்டமால் மட்டும் கொடுத்து, அன்றே மருத்துவரிடம் செல்லுங்கள். அவர் கேட்காவிட்டாலும் உண்ணி கடித்த தேதியையும், காட்டுக்கோ தோட்டத்துக்கோ சென்றதையும் நீங்களே சொல்லுங்கள்.