டிஸ்சார்ஜ் சம்மரியில் ‘கிரேனியெக்டமி’: தலை எலும்பு ஏன் வயிற்றில்?

கேள்வி: என் அப்பாவுக்கு 56 வயது. சர்க்கரை நோய்க்கு இன்சுலின் போட்டுக்கொள்கிறார். இரண்டு மாதத்துக்கு முன் பைக்கிலிருந்து விழுந்து தலையில் அடிபட்டது. மூளைக்கு மேல் இரத்தம் கட்டியிருக்கிறது என்று சொல்லி அன்றிரவே அறுவை சிகிச்சை செய்தார்கள். நாங்கள் கையெழுத்துப் போட்ட ஒப்புதல் படிவத்தில் ‘கிரேனியாட்டமி’ என்று இருந்தது. டிஸ்சார்ஜ் சம்மரியிலோ ‘இடது எஃப்.டி.பி. டிகம்ப்ரசிவ் கிரேனியெக்டமி, எலும்பு வலது வயிற்றுச் சுவரில்’ என்று இருக்கிறது. இதில் எது சரி? எலும்பு வயிற்றுக்குள் அழுகிவிடாதா என்று உறவினர்கள் கேட்கிறார்கள். முதலில் வீங்கியிருந்த இடது பக்கத் தலை இப்போது குழி விழுந்துவிட்டது. உட்கார வைத்தால் தலை சுற்றுகிறது, வலது கை முன்பைவிடத் தளர்கிறது என்கிறார். படுத்தால் தேவலை. மூன்று மாதம் கழித்து எலும்பை வைக்கலாம் என்று சொல்லி அனுப்பினார்கள். அதுவரை காத்திருக்கலாமா?
வாசகி, திண்டுக்கல்

பதில்: கடைசியாகக் கேட்டதற்கு முதலில் பதில் சொல்லிவிடுகிறேன். காத்திருக்க வேண்டாம். இந்த வாரமே அறுவை சிகிச்சை செய்த மருத்துவரிடம் அப்பாவை அழைத்துச் செல்லுங்கள். கை மளமளவென்று தளர்ந்தாலோ, அப்பா தூங்கித் தூங்கி விழுந்தாலோ, நாள் பார்க்காமல் அன்றைக்கே அவசரப் பிரிவுக்குப் போங்கள். ஏன் என்பதைக் கீழே சொல்கிறேன். அதற்கு முன், இன்று வீட்டிலேயே செய்யக்கூடியது ஒன்று உண்டு. தலை சுற்றும் நேரத்தில் குளுக்கோமீட்டரில் சர்க்கரை எவ்வளவு என்று பாருங்கள். இரத்த அழுத்தத்தைப் படுத்திருக்கும்போது ஒரு முறையும், உட்கார்ந்த பிறகு ஒரு முறையும் எடுத்துக் குறித்து வையுங்கள். வாரக்கணக்கில் படுத்திருந்தவர்களுக்கு எழுந்தவுடன் இரத்த அழுத்தம் இறங்குவதுண்டு. சாப்பாடு குறைந்தும் இன்சுலின் பழைய அளவிலேயே போய்க்கொண்டிருந்தால் சர்க்கரையும் இறங்கும். எல்லாவற்றுக்கும் தலையில் உள்ள குழியே காரணம் என்று முடிவு கட்டிவிடக்கூடாது.

இனி அந்த இரண்டு காகிதங்கள். இரண்டுமே சரிதான். மண்டையோட்டில் ஒரு பகுதியைப் பலகைபோல் அறுத்து எடுத்து, உள்ளே வேலை முடிந்ததும் அதே எலும்பை அதே இடத்தில் பொருத்திவிட்டால் அது கிரேனியாட்டமி. எடுத்த எலும்பைத் திரும்ப வைக்காமல் தோலை மட்டும் மூடித் தைத்தால் கிரேனியெக்டமி. மூளைக்கு இடம் கொடுத்து அழுத்தத்தைக் குறைப்பதற்காக அப்படிச் செய்யும்போது முன்னால் ‘டிகம்ப்ரசிவ்’ சேர்கிறது. எஃப்.டி.பி. என்பது எலும்பு எடுத்த இடம்: நெற்றி, பொட்டு, உச்சிப் பக்கவாட்டு எலும்புகள் மூன்றையும் சேர்த்துச் சொல்லும் சுருக்கம். பிறகு அந்த இடைவெளியை மூடச் செய்யும் அறுவை சிகிச்சை கிரேனியோபிளாஸ்டி. அப்பாவின் அடுத்த சீட்டில் அந்தச் சொல்தான் இருக்கும்.

படிவத்தில் ஒன்றும் சம்மரியில் வேறொன்றும் இருப்பதற்குக் காரணம், இந்த முடிவு பெரும்பாலும் அறுவை மேசையில் எடுக்கப்படுவதுதான். இரத்தக்கட்டை எடுத்த பிறகு மூளை எப்படி நடந்துகொள்கிறது என்று மருத்துவர் பார்ப்பார். மூளை தளர்ந்து, இதயத் துடிப்புக்கு ஏற்ப மெல்ல ஏறி இறங்கினால் எலும்பை வைத்து மூடலாம். எலும்பின் விளிம்புக்கு மேல் பொங்கி நின்றால் வைக்க முடியாது. வற்புறுத்தி வைத்தால் அறுவை சிகிச்சை செய்ததற்கே பொருள் இல்லாமல் போய்விடும். ஒப்புதல் வாங்கும்போதே “எலும்பை வைக்காமல் மூட வேண்டிவரலாம்” என்று சொல்லியிருக்க வேண்டும். நள்ளிரவு அவசரத்தில் சொன்னார்களோ, சொல்லியும் உங்கள் காதில் ஏறாமல் போனதோ, எனக்குத் தெரியாது. படிவத்தில் அந்த ஒரு வரி சேர்ந்திருந்தால் இரண்டு மாதக் குழப்பம் மிச்சமாகியிருக்கும்.

மூளை பொங்கினால் ஏன் இவ்வளவு அச்சம்? பெரியவர்களின் மண்டையோடு விரியாது. உள்ளே தோராயமாக 1,400 மில்லி மூளை. இரத்தமும் மூளைத் தண்டுவடத் திரவமும் தலா 150 மில்லி அளவில். இவற்றில் ஒன்று பெருத்தால் இன்னொன்று குறைந்துதான் தீர வேண்டும். 1783இல் அலெக்சாண்டர் மன்றோவும் 1824இல் ஜார்ஜ் கெல்லியும் சொன்ன இந்தக் கணக்குதான் இன்றும் தலைக்காய சிகிச்சையின் அடிப்படை. சிறிது தூரம் வரை திரவமும் இரத்தமும் ஒதுங்கி இடம் கொடுக்கும். அந்த வசதி தீர்ந்த பிறகு சில மில்லி வீக்கம்கூட அழுத்தத்தைச் செங்குத்தாக ஏற்றிவிடும். படுத்திருக்கும் ஒருவரின் மண்டைக்குள் அழுத்தம் சாதாரணமாக 15 மி.மீ. பாதரசத்துக்கு மேல் போகாது. தலைக்காயத்தில் 22ஐத் தாண்டினால் இறக்க முயல வேண்டும் என்பது வழிகாட்டு நெறி. மருந்து, மயக்கம், செயற்கைச் சுவாசம் எல்லாவற்றையும் மீறி ஏறினால் மூளைத்தண்டு நசுங்கி மூச்சு நின்றுவிடும்.

எலும்பை எடுப்பது விரியாத அந்தப் பெட்டியின் ஒரு சுவரையே திறந்துவிடுவது. சிறிய ஓட்டை போதாது. வீங்கிய மூளை அதன் வழியே பிதுங்கி, விளிம்பில் இரத்தக் குழாய்கள் நெரிபட்டுச் சேதம் கூடும். ஆகவேதான் குறைந்தது 12க்கு 15 சென்டிமீட்டர் அளவில் எடுக்கிறோம். அப்பாவின் தலையில் காதுக்கு முன்னால் தொடங்கிப் பின்னால் வளைந்து நெற்றி வரை வரும் கேள்விக்குறி வடிவத் தழும்பு அதனால் வந்தது.

“தேவையில்லாமல் எலும்பை எடுத்துவிட்டார்கள்” என்று உறவினர் யாராவது சொன்னால் இதைச் சொல்லுங்கள். மருந்துக்கு அடங்காத மூளை அழுத்தம் இருந்த 400க்கும் மேற்பட்ட தலைக்காய நோயாளிகளை வைத்து நடந்த ‘ரெஸ்க்யூ ஐ.சி.பி.’ என்ற ஆய்வு 2016இல் வெளியானது. ஆறு மாதத்தில், மருந்து சிகிச்சையைத் தொடர்ந்தவர்களில் 48.9 சதவீதத்தினர் இறந்திருந்தார்கள்; எலும்பை எடுத்தவர்களில் 26.9 சதவீதத்தினர். ஆனால் உணர்வற்ற நிலையிலேயே உயிரோடு இருந்தவர்களும் எலும்பை எடுத்தவர்களிடையேதான் அதிகம்: 8.5 சதவீதம், மற்றவர்களில் 2.1. உயிரைக் காப்பாற்றும் சிகிச்சை இது. அடிபட்டபோதே செத்துப்போன நரம்பணுக்களை மீட்கும் சிகிச்சை அல்ல. உங்கள் அப்பா உட்காருகிறார், தலை சுற்றுகிறது என்று வாய் திறந்து சொல்கிறார். இடது பக்க மூளையில் அடிபட்ட ஒருவர் இரண்டே மாதத்தில் அதைச் சொல்வது எனக்கு நல்ல செய்தியாகவே படுகிறது.

அடுத்தது வயிற்றில் உள்ள எலும்பு. அது குடலோடு இல்லை. வலது பக்கத் தோலுக்கும் தசைக்கும் நடுவே, கொழுப்பில் ஒரு பை அமைத்து வைத்துத் தைத்திருக்கிறார்கள். தடவிப் பார்த்தால் வளைந்த ஓடு போல் விளிம்பு தட்டுப்படும். மைனஸ் 70, 80 டிகிரி குளிர்பெட்டியில் எலும்பைப் பாதுகாக்கும் மருத்துவமனைகளும் உண்டு. அதற்கு நாள் முழுக்க மின்சாரம் வேண்டும், பெயர் மாறாமல் பதிவேடு வேண்டும், நோயாளி அதே மருத்துவமனைக்குத் திரும்பி வரவும் வேண்டும். வயிற்றில் வைத்தால் எந்த ஊருக்குப் போனாலும் எலும்பு அவரோடு போகும். நம் ஊர்களில் பல மருத்துவர்கள் இதை விரும்புவதற்கு இதுதான் காரணம். என் ஓட்டும் இதற்கே. கிருமி புகாதவரை அழுகாது. வைத்த இடத்தில் ஓரங்கள் கொஞ்சம் கரையலாம், பெரும்பாலும் அவ்வளவுதான்.

ஆனால் ஒரு விஷயத்தைப் பல வீடுகளில் கோட்டை விடுகிறார்கள். அப்பாவுக்கு இன்சுலின் ஊசியை வயிற்றில் போடுகிறீர்களா? எலும்பு இருக்கும் வலது பக்கத்தில் போடவே வேண்டாம். இடது வயிற்றிலோ தொடையிலோ போடுங்கள். லுங்கி முடிச்சும் பெல்ட்டும் அந்த விளிம்பில் உராயக்கூடாது. பிசியோதெரபிஸ்ட் இடுப்பைப் பிடித்துத் தூக்கி நிறுத்துவார் என்றால் அவருக்கும் சொல்லி வையுங்கள். அந்த இடம் சிவந்து, சூடாகி, வலித்தாலோ நீர் கசிந்தாலோ உடனே காட்ட வேண்டும். வேறு காரணத்துக்காக வயிற்றில் எக்ஸ்ரே எடுக்க நேர்ந்தால், முன்கூட்டியே சொல்லிவிடுங்கள். இல்லாவிட்டால் படத்தைப் பார்த்து அந்த ஊழியர் திகைத்துப்போவார்!

தலையைப் பற்றி: தீவிர சிகிச்சைப் பிரிவில் கட்டின் மேல் பிளாஸ்டர் ஒட்டி ‘இடது பக்கம் எலும்பு இல்லை’ என்று பேனாவால் எழுதி வைப்போம். வீட்டுக்கு வந்ததும் அந்தப் பிளாஸ்டர் போய்விடுகிறது. எச்சரிக்கையும் அதோடு போய்விடுகிறது. குளிப்பாட்டுபவர், முடி வெட்டுபவர், பார்க்க வரும் பேரப்பிள்ளைகள் என அனைவருக்கும் தெரிந்திருக்க வேண்டும். எண்ணெய் தேய்த்து அழுத்திவிடுவது, நீவிவிடுவது இரண்டும் கூடாது. இடது பக்கம் சாய்ந்து படுக்கவும் கூடாது. நடக்க வைக்கும்போது, குழியின் மேல் அழுத்தாத, எடை குறைந்த ஹெல்மெட் போடுங்கள். குளியலறையில்தான் அது அதிகம் தேவைப்படும். இருமினால் தோல் புடைப்பதும், நாடித் துடிப்புபோல் அசைவதும் இயல்புதான். வலிப்பு மாத்திரையை, அறுவை சிகிச்சை நன்றாக முடிந்துவிட்டது என்று நீங்களாக நிறுத்திவிடாதீர்கள். ஒருவேளை வலிப்பு வந்தால் வலது பக்கமாகப் புரட்டுங்கள். எலும்பில்லாத பக்கம் மேலே இருக்கட்டும்.

இப்போது அந்தக் குழி. வீக்கம் வடிந்த பிறகு தோல் ஓரளவு உள்வாங்குவது எல்லோருக்கும் நடக்கும். அதுமட்டும் என்றால் பயப்பட ஒன்றுமில்லை. சிலருக்கு அதோடு தலைச்சுற்றல், தலைவலி, எரிச்சல், மறதி, கை கால் தளர்ச்சி சேர்ந்துகொள்ளும். உட்கார்ந்தால் கூடும், படுத்தால் குறையும். 1939இல் கிராண்ட், நார்கிராஸ் என்ற இரு மருத்துவர்கள் இந்தத் தொகுப்பை ‘சிண்ட்ரோம் ஆஃப் த டிரெஃபைன்ட்’ என்று பெயரிட்டு விவரித்தார்கள். நடுவில் எலும்பு இல்லாததால் வெளிக்காற்றின் அழுத்தம் தோல் வழியே மூளையை நேரடியாக அழுத்துகிறது. எழுந்து உட்காரும்போது மூளைத் திரவம் கீழே இறங்கி உள்ளழுத்தம் குறைவதால், வெளிக்காற்றின் அழுத்தம் மேலோங்குகிறது. அந்தப் பக்கத்தில் இரத்த ஓட்டமும் மட்டுப்படுகிறது. அப்பாவின் இடது மூளை ஆளும் வலது கை தளர்கிறது என்று நீங்கள் எழுதியிருப்பது இதோடு பொருந்துகிறது. ஸ்கேன் பார்க்காமல் உறுதியாகச் சொல்ல முடியாது. சந்தேகப்படப் போதுமான காரணம் இருக்கிறது. மருத்துவரைப் பார்க்கும் வரை நீர் ஆகாரத்தைக் குறைக்காமல் கொடுங்கள். தொந்தரவு வரும்போது தலையணை இல்லாமல் மட்டமாகப் படுக்க வையுங்கள். வேறு எந்த மருத்துவமனையிலாவது முதுகுத்தண்டில் ஊசி போட்டு நீர் எடுக்கலாம் என்று சொன்னால், தலையில் எலும்பு இல்லை, குழி விழுந்திருக்கிறது என்பதை முதலில் சொல்லுங்கள். இந்த நிலையில் நீர் எடுத்தால் மூளை கீழ்நோக்கி இறங்கும் அபாயம் உண்டு.

இதற்கு நேர்மாறான ஒன்றும் வரலாம். குழியாக இருந்த இடம் திடீரென்று இறுகிப் புடைத்து, உட்கார்ந்தாலும் வடியாமல், வாந்தியும் மந்தமும் சேர்ந்தால், உள்ளே நீர் தேங்குகிறதா என்று உடனே பார்க்க வேண்டும். காய்ச்சலும் தழும்பில் கசிவும் அதே அவசரம்தான்.

குழியோடு சேர்ந்து வரும் அந்தத் தொந்தரவுகளுக்கான சிகிச்சை எலும்பைத் திரும்ப வைப்பதுதான். மூன்று மாதம் என்பது வழக்கமாகச் சொல்லும் கெடு. ஆறு வாரத்திலிருந்தே செய்கிறவர்கள் இருக்கிறார்கள். வீக்கம் முழுதும் வடிந்திருக்க வேண்டும். தலையிலோ வயிற்றிலோ சிறுநீரிலோ படுக்கைப் புண்ணிலோ கிருமித் தொற்று இருக்கக்கூடாது. சர்க்கரை கட்டுக்குள் வர வேண்டும். இந்த மூன்றும் கூடினால் அப்பாவுக்குத் தேதியை முன்னே கொண்டுவரலாம். அதை உங்கள் மருத்துவரிடம் நேராகவே கேளுங்கள். சர்க்கரை மட்டும் உங்கள் கையில் இருக்கிறது. அதில் இன்றே இறங்குங்கள்.

தலையிலும் வயிற்றிலும் பழைய தழும்பு வழியே திறந்து, எலும்பை எடுத்து, சிறு டைட்டானியம் தகடுகளும் திருகுகளும் வைத்துப் பொருத்துவார்கள். ‘மூடி வைக்கிற சின்ன ஆபரேஷன்’ என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள். தொற்று, இரத்தக்கசிவு, வலிப்பு மூன்றும் இதில் வரக்கூடியவை. சர்க்கரை நோயாளிக்குத் தொற்று பற்றிய கவலை கூடுதல். எலும்பு பயன்படாத அளவுக்குக் கரைந்திருந்தாலோ தொற்றால் கெட்டிருந்தாலோ டைட்டானியம் வலை, எலும்பு சிமெண்ட், அளவெடுத்துச் செய்யும் ‘பீக்’ பிளாஸ்டிக் என்று மாற்று வழிகள் உண்டு; கடைசியில் சொன்னதுதான் விலை அதிகம். சொந்த எலும்புக்கு அந்தச் செலவு இல்லை. தலைச்சுற்றலும் கைத் தளர்ச்சியும் குழியால் வந்தவை என்றால், வைத்த பிறகு நாட்களிலோ வாரங்களிலோ தேறும். விபத்தன்றே இழந்த பேச்சும் அசைவும் எலும்பு வைப்பதால் திரும்பாது, அவற்றுக்குப் பயிற்சிதான். அதை இப்போதும் விடாதீர்கள்.

விபத்து நடந்த பிறகான முதல் 48 மணி நேரத்தில் அரசு உதவி கிடைத்திருந்தால், இரண்டாவது அறுவை சிகிச்சைக்கும் அதுவே தொடரும் என்று எண்ணிவிடாமல், மருத்துவமனைக் காப்பீட்டுப் பிரிவில் தேதி வாங்கும்போதே தனியாகக் கேளுங்கள். போகும்போது டிஸ்சார்ஜ் சம்மரி, முதல் நாள் ஸ்கேன் படங்கள், இப்போது சாப்பிடும் மாத்திரைகளின் அட்டைகள் எல்லாவற்றையும் எடுத்துச் செல்லுங்கள். இரத்தம் உறையாமல் இருக்க ஏதாவது மாத்திரை தருகிறீர்கள் என்றால், அந்த அட்டையைத் தனியே எடுத்துக் காட்டுங்கள்.