ஒருமுறை காசு கொடுத்த விளையாட்டு வீட்டில் எல்லோருக்கும் கிடைக்குமா?

கேள்வி: எனக்கு 14 வயதில் மகனும் 9 வயதில் மகளும் இருக்கிறார்கள். கணவரின் ஆண்ட்ராய்டு போனில், ப்ளே ஸ்டோரில் 350 ரூபாய் கட்டிப் பண்ணை வளர்க்கும் விளையாட்டு ஒன்றை வாங்கினோம். பிள்ளைகளும் ஆசைப்பட்டதால், மகனின் போனிலும், மகள் வைத்திருக்கும் என் பழைய போனிலும் கணவரின் கூகுள் கணக்கையே போட்டுக் கொடுத்துவிட்டோம். சென்ற வாரம் மகன் புதிதாக ஓர் ஆட்டம் ஆரம்பித்தான். மகள் மூன்று மாதமாக வளர்த்த பண்ணை காணாமல் போய்விட்டது. இரண்டு நாள் அவள் சரியாகச் சாப்பிடவில்லை. இனி ஒவ்வொருவருக்கும் தனித்தனியாகக் காசு கட்டத்தான் வேண்டுமா? சிங்கப்பூரில் இருக்கும் என் தம்பி நிறைய விளையாட்டுகள் வாங்கி வைத்திருக்கிறான். தன் பாஸ்வேர்டைத் தருகிறேன் என்கிறான். வாங்கிக்கொள்ளலாமா? அடுத்த மாதம் கணவர் ஐபோனுக்கு மாறப்போகிறார். அப்படியானால் இதுவரை வாங்கியதெல்லாம் வீணா?
– கோவை வாசகி ஒருவர்

பதில்:

அன்புள்ள சகோதரி,

உங்கள் மகளின் பண்ணையிலிருந்தே தொடங்குகிறேன். மூன்று மாதம் நாள் தவறாமல் விதைத்து, தண்ணீர் ஊற்றி, அறுவடை செய்து ஒரு குழந்தை சேர்த்தது அது. திரைக்குள் இருந்தாலும் அவள் உழைப்பு உழைப்புதான். "விளையாட்டுதானே, போனால் போகட்டும்" என்று வீட்டில் யாரும் அவளிடம் சொல்லிவிட வேண்டாம். மகனையும் கடிந்துகொள்ள வேண்டாம். அவன் தன் போனில் தன் ஆட்டத்தைத்தான் ஆரம்பித்தான். இரண்டு போனிலும் ஒரே கணக்கு இருந்ததால், விளையாட்டின் பார்வையில் உங்கள் வீட்டில் இருப்பது ஒரே ஓர் ஆள். அந்த ஆளின் கடைசி ஆட்டம் எதுவோ அதைத்தான் அது இணையத்தில் சேமித்துவைக்கும். புதியது ஏறியபோது பழையது அழிந்திருக்கிறது. அழிந்ததை மீட்க வழியுண்டா என்று விளையாட்டைத் தயாரித்தவர்களுக்கு ஒருமுறை எழுதிக் கேளுங்கள். ப்ளே ஸ்டோரில் அந்த விளையாட்டின் பக்கத்திலேயே அவர்களுடைய மின்னஞ்சல் முகவரி இருக்கும். ஆனால் மகளிடம் நிச்சயம் கிடைத்துவிடும் என்று வாக்குக் கொடுத்துவிடாதீர்கள்.

இனி, நீங்கள் கேட்டதற்கு வருகிறேன். தனித்தனியாகக் காசு கட்ட வேண்டியதில்லை. ப்ளே ஸ்டோரில் 'ஃபேமிலி லைப்ரரி' (குடும்ப நூலகம்) என்று ஒரு வசதி 2016 முதல் இருக்கிறது. குடும்பத்தில் ஒருவர் குடும்ப நிர்வாகி ஆகி, மேலும் ஐந்து பேர் வரை சேர்த்துக்கொள்ளலாம். ஆக மொத்தம் ஆறு பேர். அந்த ஆறு பேரில் யார் காசு கொடுத்து ஒரு விளையாட்டை வாங்கினாலும், அதைக் குடும்பத்துக்கென்று வைத்துவிட்டால், மற்றவர்கள் தங்கள் தங்கள் கணக்கில், தங்கள் போனில், காசில்லாமல் இறக்கிக்கொள்ளலாம். இந்த வசதிக்குத் தனிக் கட்டணமும் கிடையாது. ஒவ்வொருவரும் தம் சொந்தக் கணக்கில் ஆடுவதால், அண்ணனின் சேமிப்பு தங்கையின் சேமிப்பின் மேல் ஏறுவதற்கு இடமில்லை.

விளையாட்டை வாங்கியவர்தான் நிர்வாகியாக இருக்க வேண்டும் என்று பலர் நினைக்கிறார்கள். அப்படியில்லை. உங்கள் கணவர் வாங்கியிருந்தாலும் நிர்வாகி நீங்களாக இருக்கலாம். பிள்ளைகள் என்ன வாங்குகிறார்கள், எவ்வளவு நேரம் விளையாடுகிறார்கள் என்று அன்றாடம் பார்ப்பவர் எவரோ அவரே நிர்வாகியாக இருப்பதுதான் நல்லது. உங்கள் கடிதத்தைப் படித்தபோது அது நீங்கள்தான் என்று எனக்குத் தோன்றியது. நிர்வாகிக்கு 18 வயது நிறைந்திருக்க வேண்டும் என்பது விதி.

ஆனால், எதையும் தொடங்குமுன் ஒரு வேலை இருக்கிறது. பிள்ளைகளின் இரண்டு போன்களிலிருந்தும் உங்கள் கணவரின் கணக்கை எடுத்துவிடுங்கள். பிறகு அவருடைய பாஸ்வேர்டையும் மாற்றச் சொல்லுங்கள். கூகுள் கணக்கின் பாதுகாப்புப் பக்கத்தில், அந்தக் கணக்கு எந்தெந்தக் கருவிகளில் திறந்திருக்கிறது என்ற பட்டியல் இருக்கும். தெரியாத போன் எதுவும் அதில் இருந்தால் அதையும் வெளியேற்றிவிடுங்கள். இதை நான் அழுத்திச் சொல்வதற்குக் காரணம் உண்டு. ஒரு விளையாட்டுக்காக நீங்கள் கொடுத்த அந்தக் கணக்கில் உங்கள் கணவரின் மின்னஞ்சல் இருக்கிறது. வங்கியிலிருந்து வரும் கடிதங்கள், புகைப்படங்கள், தொடர்பு எண்கள் எல்லாம் அதில்தான் இருக்கும். சேமித்துவைத்த மற்ற பாஸ்வேர்டுகளும் இருக்கக்கூடும். பீரோவில் இருக்கும் ஒரு பொம்மையை எடுப்பதற்கு, பீரோ சாவியையே குழந்தையின் கழுத்தில் கட்டிவிட்டது போன்றது இது. 14 வயதுப் பையன் தன் நண்பனின் போனிலும் ஒருநாள் அதைப் போட்டுக்கொடுப்பான். நல்ல மனத்துடன்தான் கொடுப்பான்.

அடுத்து, பிள்ளைகளுக்குத் தனிக் கணக்கு வேண்டும். மகனுக்கு 13 வயது கடந்துவிட்டதால் அவனே கணக்கு வைத்துக்கொள்ளலாம். குடும்பக் குழுவில் சேர அந்தக் கணக்குக்கு நீங்கள் அழைப்பு அனுப்பினால் போதும். பள்ளியில் கொடுத்த கணக்கு இதற்கு உதவாது; சாதாரண ஜிமெயில் கணக்காக இருக்க வேண்டும். மகளுக்கு 9 வயது என்பதால் அவளுக்கான கணக்கை நீங்கள்தான் கூகுளின் 'ஃபேமிலி லிங்க்' என்ற செயலி வழியாக உருவாக்க வேண்டும். எந்தச் செயலியை இறக்கலாம், ஒரு நாளைக்கு எவ்வளவு நேரம் என்பதையெல்லாம் அதிலேயே நீங்கள் தீர்மானிக்கலாம். வயதைக் கூட்டிப் போட்டுப் பெரியவள் போலக் கணக்குத் திறக்கும் பழக்கம் பல வீடுகளில் இருக்கிறது. தயவுசெய்து அதைச் செய்யாதீர்கள். பொய் வயது கொடுத்த நொடியில், சிறுவர்களுக்கென்று அங்கே வைத்திருக்கும் பாதுகாப்பெல்லாம் அவளை விட்டு விலகிவிடும்.

கணக்குகள் தயாரான பிறகு, உங்கள் போனில் ப்ளே ஸ்டோரைத் திறந்து, மேலே வலப்பக்கம் இருக்கும் உங்கள் படத்தைத் தொட்டு, அமைப்புகளுக்குள் 'குடும்பம்' என்ற பகுதிக்குப் போங்கள். ஃபேமிலி லைப்ரரியை அங்கேயே தொடங்கி, கணவருக்கும் மகனுக்கும் அழைப்பு அனுப்பலாம். கணவர் சேர்ந்ததும், தான் வாங்கியவை எல்லாவற்றையும் குடும்பத்துக்குத் தருவதா, ஒவ்வொன்றாகத் தேர்ந்து தருவதா என்ற கேள்வி அவருக்கு வரும். ஒவ்வொன்றாகத் தருவதையே தேர்ந்தெடுக்கச் சொல்லுங்கள். பெரியவர்களுக்கான சண்டை விளையாட்டு ஏதாவது அவர் வாங்கியிருந்தால், அது தானாக மகள் கைக்குப் போக வேண்டாம் அல்லவா? குடும்ப நூலகத்தில் ஏற்கெனவே இருப்பதை இறக்குவதற்கு உங்கள் அனுமதியை அது கேட்காது என்பதையும் நினைவில் வையுங்கள். உள்ளே எதை வைக்கிறோம் என்பதில்தான் கவனம் வேண்டும். 2016 ஜூலை 2-க்கு முன் வாங்கிய பழைய விளையாட்டுகள் சில இதில் சேராமல் போகலாம். அது அந்தந்தத் தயாரிப்பாளரின் முடிவு. உங்கள் பண்ணை விளையாட்டு அண்மையில் வாங்கியது என்பதால் அந்தத் தடை இல்லை.

பணம் பற்றிக் கொஞ்சம் விரிவாகவே சொல்ல வேண்டும். நிர்வாகி தருகிற கட்டண வழியைக் குடும்பத்தில் மற்றவர்களும் பயன்படுத்த முடியும். அதில் போகும் ஒவ்வொரு ரூபாய்க்கும் நிர்வாகியே பொறுப்பு. எனவே பிள்ளைகளைச் சேர்த்த அன்றே, இருவர் பெயரிலும் 'வாங்கும் முன் அனுமதி' என்ற அமைப்புக்குப் போய், எல்லாவற்றுக்கும் அனுமதி தேவை என்று வைத்துவிடுங்கள். மகன் எதையாவது வாங்க முயன்றால் உங்களிடம் கேட்கும். நீங்கள் பார்த்துச் சம்மதித்த பிறகே பணம் போகும். இது வீண் பயம் அன்று. பெற்றோருக்குத் தெரியாமல் பிள்ளைகள் விளையாட்டுக்குள் வாங்கிய பொருள்களுக்காக, அமெரிக்காவின் மத்திய வர்த்தக ஆணையம் 2014-ல் ஆப்பிள் நிறுவனத்தைக் குறைந்தது 3.25 கோடி டாலரும், கூகுளைக் குறைந்தது 1.9 கோடி டாலரும் வாடிக்கையாளர்களுக்குத் திருப்பித் தரவைத்தது. இன்று செயலிக் கடைகளில் இந்த அனுமதிப் பூட்டுகள் இருக்கின்றன. அவற்றைப் போடுவது நம் கையில் இருக்கிறது. மகனுக்குச் சொந்தமாகச் செலவு செய்யவும் கற்றுக்கொடுக்க நினைத்தால், பிறந்தநாளுக்கு ஒரு சிறு தொகைக்குக் கூகுள் ப்ளே பரிசுக் குறியீடு வாங்கிக் கொடுங்கள். கையில் இருப்பது தீர்ந்தால் தீர்ந்தது என்பது அவனுக்கும் புரியும்.

பலர் ஏமாந்துபோகும் இடம் ஒன்று உண்டு. விளையாட்டுக்குக் கொடுத்த விலை குடும்பத்துக்குப் பகிரும். விளையாட்டுக்குள் வாங்கிய நாணயம், வைரம், புது உடை, அடுத்த கட்டத்தைத் திறக்கும் சாவி எதுவும் ப்ளே ஸ்டோரில் பகிராது. இலவசமாக இறங்கி, சில கட்டங்கள் ஆடவிட்டு, "முழு விளையாட்டுக்கும் இவ்வளவு கட்டுங்கள்" என்று உள்ளே கேட்கும் விளையாட்டுகள் நிறைய இருக்கின்றன. அவற்றுக்கு நீங்கள் கட்டும் பணம் கட்டியவரின் கணக்கோடு நின்றுவிடும். ஆகவே வாங்குமுன் விலை எங்கே எழுதியிருக்கிறது என்று பாருங்கள். இறக்கும் பொத்தானிலேயே விலை இருந்தால், அந்த விலையைக் கொடுத்து வாங்கும் விளையாட்டை வீட்டோடு பகிரலாம். இலவசம் என்று போட்டு, அருகில் செயலிக்குள் வாங்கும் பொருள்கள் உண்டு என்று சிறிதாக எழுதியிருந்தால், அந்தச் செலவு ஒவ்வொருவருக்கும் தனித்தனி. பிள்ளைகள் இருக்கும் வீட்டுக்கு முதல் வகையே உகந்தது என்பது என் உறுதியான கருத்து. 350 ரூபாயை ஒருமுறை கொடுத்துவிட்டு நிம்மதியாக இருப்பது, இலவசம் என்று நுழைந்து வாரத்துக்கு 50, 100 என்று கரைவதைவிட எவ்வளவோ மேல். நல்ல விளையாட்டை உழைத்துச் செய்தவருக்கு அதன் விலை நேராகப் போய்ச் சேர்வதும் எனக்குப் பிடித்திருக்கிறது.

விளையாட்டுகளை அடிக்கடி மாற்றும் பிள்ளைகள் என்றால் மாதச் சந்தாவும் உண்டு. பல விளையாட்டுகளை ஒரே சந்தாவில் ஆடவிடும் கூகுளின் 'ப்ளே பாஸ்' 2022-ல் இந்தியாவுக்கு வந்தபோது மாதம் 99 ரூபாய். நிர்வாகி சந்தா கட்டினால் மற்ற ஐந்து பேருக்கும் சேர்த்தே கிடைக்கும். ஆனால் ஒரே பண்ணையை மூன்று மாதம் பொறுமையாக வளர்க்கும் உங்கள் மகளைப் போன்றவர்களுக்கு அது தேவைப்படாது.

தம்பி விஷயத்துக்கு வருகிறேன். அவர் அன்போடுதான் சொல்கிறார். பாஸ்வேர்டை மட்டும் வாங்காதீர்கள். உங்கள் கணவரின் கணக்குக்கு நான் சொன்னதெல்லாம் அவருடைய கணக்குக்கும் பொருந்தும். அவரைக் குடும்பக் குழுவில் சேர்க்கலாமா என்றால், அதற்கும் வழியில்லை. குழுவில் இருப்பவர்கள் நிர்வாகி இருக்கும் நாட்டிலேயே இருக்க வேண்டும். அவர் இருப்பது சிங்கப்பூர், நீங்கள் இருப்பது இந்தியா. அங்கே டாலரில் வாங்கிய பரிசு அட்டையும் உங்கள் இந்தியக் கணக்கில் ஏறாது. மருமக்களுக்கு ஏதாவது வாங்கித்தர வேண்டும் என்று அவர் ஆசைப்பட்டால், பணத்தை உங்களுக்கு அனுப்பட்டும். நீங்கள் இங்கே வாங்கிக் குடும்பத்துக்கு வைத்துவிடுங்கள். "மாமா வாங்கித் தந்தது" என்று பிள்ளைகளிடம் சொல்லிக் கொடுக்கலாம்.

இன்னொன்று. உள்ளூரிலேயே இருக்கும் அக்கா, நாத்தனார் வீட்டினர் தங்கள் குழுவில் சேரச் சொல்லிக் கூப்பிடலாம். ஒருவர் ஒரே நேரத்தில் ஒரு குழுவில்தான் இருக்க முடியும். விட்டு வேறு குழுவுக்கு மாறுவதும் 12 மாதத்துக்கு ஒருமுறைதான். விலகுகிறவர் கொண்டுவந்தவை அவரோடு போய்விடும். மற்றவர்கள் வைத்தவையும் அவருக்குக் கிடைக்காது. என் அண்ணன் மகன் இப்படித்தான் ஒரு விடுமுறையில் எங்கள் குழுவில் சேர்ந்து, பிறகு அவசரமாக விலகினான். பாதி ஆடிய நிலையில் இருந்த இரண்டு விளையாட்டுகள் எங்கள் பிள்ளைகளின் போனில் திறக்கவில்லை. அதிலிருந்து, ஒரே கூரையின் கீழ் இருப்பவர்கள் மட்டும் ஒரு குழு என்று வீட்டில் வைத்துக்கொண்டோம்.

கடைசியாக ஐபோன். ப்ளே ஸ்டோரில் வாங்கிய விளையாட்டு ஐபோனுக்கு வராது. இரண்டும் வேறு வேறு கடைகள். அங்கே வேண்டுமானால் மறுபடி வாங்கத்தான் வேண்டும். ஆனால் உங்கள் கணவர் வாங்கியது எதுவும் வீணாகவில்லை. விளையாட்டு அவருடைய போனில் இல்லை, அவருடைய கூகுள் கணக்கில் இருக்கிறது. அவர் கையில் ஐபோன் இருந்தாலும், அந்தக் கூகுள் கணக்கு உங்கள் குழுவில் இருக்கும்வரை பிள்ளைகளின் ஆண்ட்ராய்டு போன்களில் அந்த விளையாட்டுகள் ஓடும். அதனால் போன் மாறுவதற்குள் அவரைக் குழுவில் சேர்த்து, தேவையான விளையாட்டுகளைக் குடும்பத்துக்கு வைக்கச் செய்துவிடுங்கள். ஐபோனுக்குப் போன பிறகு, வேண்டாத கணக்கு என்று நினைத்து அவர் அதை அழித்துவிடக் கூடாது.

நாளை நீங்களும் பிள்ளைகளும் ஐபோனுக்கு மாறினால், ஆப்பிளிலும் இதே போல 'ஃபேமிலி ஷேரிங்' 2014-லிருந்து இருக்கிறது. அங்கும் ஆறு பேர்தான். பிள்ளைகள் வாங்கும் முன் பெரியவரிடம் கேட்கும் ஏற்பாடும் உண்டு. 2020-லிருந்து, தயாரிப்பாளர் சம்மதித்திருந்தால், விளையாட்டுக்குள் ஒருமுறை கட்டித் திறந்த முழுப் பதிப்பையும் அங்கே குடும்பத்தோடு பகிரலாம். இந்த ஒரு விஷயத்தில் ஆப்பிள் கடை பெற்றோருக்குக் கூடுதல் சாதகமாக இருக்கிறது. நாணயம், வைரம் போலச் செலவாகித் தீர்பவை அங்கும் பகிராது.

இதையெல்லாம் செய்து முடிக்க ஒரு ஞாயிற்றுக்கிழமை மாலை போதும். பிள்ளைகளின் கணக்குகளில் மகளின் கணக்கை முதலில் தயார் செய்யுங்கள். கணவர் பண்ணை விளையாட்டைக் குடும்பத்துக்கு வைத்ததும், அதை அவள் போனில், அவள் பெயரில் முதலில் இறக்கிக் கொடுத்துவிட்டு, மகனின் போனில் அதற்குப் பிறகு இறக்குங்கள்.