தூத்துக்குடிச் சரக்கு ஏன் கொழும்பு சுற்றிப் போகிறது? – இந்தியப் பெருங்கடல் வணிகம்: கேள்வி பதில்

தூத்துக்குடியில் முப்பது வருஷத்துக்கு மேல் கப்பல் சரக்கு முகவராக இருந்து ஓய்வு பெற்றவன் நான். இந்தியப் பெருங்கடல் ஓரத்து நாடுகளுக்குள் நடக்கும் வியாபாரம் பற்றி வந்த கேள்விகளுக்கு எனக்குத் தெரிந்த வரை பதில் சொல்கிறேன். ஒரே விஷயத்தைக் கேட்டவர்களைச் சேர்த்துவிட்டேன்.

கேள்வி (திருப்பூர், பின்னலாடை): அண்ணாச்சி, நம்ம சரக்கு தூத்துக்குடியில் ஏறி, கொழும்பில் இறங்கி, மறுபடி வேறு கப்பல் ஏறுகிறது. நேராக ஐரோப்பா போகாதா? துறைமுகத்தைத் தோண்டி ஆழமாக்கினால் தீர்ந்ததுதானே?

நேராகப் போகும் கப்பலும் அவ்வப்போது உண்டு. ஆனால் தோண்டினால் மட்டும் தீராது. சிங்கப்பூரிலிருந்து சூயஸ் போகிற பெரிய கப்பல் இலங்கையின் தெற்கு முனையை ஒட்டித்தான் போகிறது. பாக் நீரிணையில் அதற்கு ஆழம் கிடையாது. கொழும்புக்குள் நுழைந்து வருவது அதற்குச் சின்ன விலகல். தூத்துக்குடிக்கு வந்து திரும்புவது அப்படியல்ல. பதினைந்தாயிரம் பெட்டி, அதாவது கன்டெய்னர், சுமக்கும் கப்பல் ஒரு நாளை இழக்க வேண்டுமானால், ஏற்றுவதற்கும் இறக்குவதற்கும் அங்கே சில ஆயிரம் பெட்டியாவது காத்திருக்க வேண்டும். கொழும்பில் அது இருக்கிறது: நம்முடையது, வங்கதேசத்துடையது, மாலத்தீவுடையது எல்லாம் ஃபீடர் என்கிற சின்னக் கப்பல்களில் வந்து குவிகின்றன. கொழும்பு கையாளும் பெட்டிகளில் பெரும்பகுதி இப்படிக் கப்பல் மாறிப் போகிறவைதான். இலங்கை தனக்காக ஏற்றி இறக்குவது கொஞ்சம்.

ஆழம் மட்டும் போதாது என்பதற்கு வல்லார்பாடத்தைப் பாருங்கள். கொழும்புக்குப் போகும் இந்தியச் சரக்கைப் பிடிக்கத்தான் 2011இல் கொச்சியில் அந்த முனையம் திறந்தார்கள். எதிர்பார்த்த சரக்கு வரவில்லை. துறைமுகக் கட்டணம் அதிகம், தூர் வாரும் செலவு ஓயாது. அதோடு, இந்தியத் துறைமுகங்களுக்கு இடையே பெட்டி எடுத்துப் போக வெளிநாட்டுக் கொடிக் கப்பலுக்குத் தடை வேறு. அந்தத் தடை நாடு முழுவதும் தளர்ந்தது 2018இல்தான். அதற்குள் லைன்காரர்கள், அதாவது கப்பல் கம்பெனிக்காரர்கள், எல்லாம் கொழும்பில் வேர்விட்டுவிட்டார்கள்.

கேரளாவின் விழிஞ்ஞம் துறைமுகத்தின் கதை வேறு மாதிரி இருக்கும் என்று நினைக்கிறேன். 2024 ஜூலையில் முதல் தாய்க்கப்பல், அதாவது தொலைதூரம் போகும் பெரிய கப்பல், வந்தது, 2025 மே மாதம் முறைப்படி திறந்தார்கள். அங்கே இயற்கையாகவே ஆழம் உண்டு, சர்வதேசக் கப்பல் பாதை கிட்டத்தட்ட பத்து கடல் மைலில். இவற்றைவிட முக்கியம், எம்.எஸ்.சி. என்கிற பெரிய லைன் தன் பெட்டிகளை அங்கே கொண்டுவந்து மாற்றுகிறது. லைன் வந்தால் துறைமுகம் வரும். பல பேர் இதைத் தலைகீழாக நினைக்கிறார்கள். ஒரு வேடிக்கை: விழிஞ்ஞத்தை நடத்தும் அதானி குழுமத்துக்கே கொழும்பின் புது மேற்கு முனையத்தில் 51 சதவீதப் பங்கு.

கேள்வி (கல்லூரி மாணவி, மதுரை): ஐயோரா என்று ஓர் அமைப்பு இருக்கிறதே, அதில் சேர்ந்த நாடுகளுக்குள் வரி கிடையாதா ஐயா?

இல்லை அம்மா. ஐயோரா என்றால் இந்தியப் பெருங்கடல் ஓரத்து நாடுகளின் சங்கம். 1997இல் மொரீஷியஸில் தொடங்கியது, தலைமைச் செயலகமும் அங்கேதான், எபேன் என்ற ஊரில். இப்போது 23 உறுப்பு நாடுகள். பாகிஸ்தான் அதில் இல்லை. எல்லோரும் ஒத்துக்கொண்டால்தான் எதுவும் நடக்கும் என்பது விதி. ஆஸ்திரேலியாவும் கொமொரோஸும் ஒத்துக்கொள்கிற வரி அட்டவணை எங்கே இருக்கிறது? எனவே மீன்வளம், பேரிடர், கடல் பாதுகாப்பு என்று பேசுகிறார்கள். வரி குறைவதெல்லாம் பெரும்பாலும் இரண்டிரண்டு நாடுகள் தனியாகப் போடும் ஒப்பந்தத்தில்தான்: இந்தியா போட்டவை இலங்கையோடு 2000இல், மொரீஷியஸோடு 2021இல், அமீரகத்தோடும் ஆஸ்திரேலியாவோடும் 2022இல்.

கேள்வி (போடி, மிளகு வியாபாரம்): இலங்கை மிளகு என்று வருவதெல்லாம் வியட்நாம் மிளகு என்கிறார்களே, அது எப்படி நடக்கிறது?

இது எனக்குப் பிடித்த விஷயம், கொஞ்சம் நீளமாகச் சொல்கிறேன். முதலில் வனஸ்பதியிலிருந்து வர வேண்டும்.

இந்திய–இலங்கை ஒப்பந்தம் 2000 மார்ச்சில் அமலானது. அந்தக் காலத்தில் பாமாயிலுக்கு நம் நாட்டில் வரி மிக அதிகம், இலங்கையில் குறைவு. இலங்கையில் பாமாயில் விளைவதே அபூர்வம். ஆனால் மலேசியா, இந்தோனேசியாவிலிருந்து எண்ணெயை இறக்கி, கொழும்பில் ஆலை போட்டு, வனஸ்பதியாக உறையவைத்து, வரியில்லாமல் இந்தியாவுக்கு அனுப்பினார்கள். சட்டப்படி சரிதான். ஒப்பந்தம் இரண்டு விஷயம் கேட்டது: பொருளின் நாலு இலக்க வரிக்குறியீடு மாற வேண்டும், மதிப்பில் 35 சதவீதம் உள்நாட்டில் கூட வேண்டும். பாமாயில் 1511, வனஸ்பதி 1516. மாறிவிட்டதா, மாறிவிட்டது! ஆலைகளில் பலவற்றைப் போட்டவர்களும் இந்தியர்களே. நம் ஊர் வனஸ்பதிக்காரர்கள் கத்தின பிறகு, ஆண்டுக்கு 2.5 லட்சம் டன்னுக்கு மேல் வரக்கூடாது என்று வரம்பு வந்தது. பிறகு இந்தியாவே எண்ணெய் வரியைக் குறைத்ததும் அந்த ஆலைகளுக்கு வேலையில்லாமல் போயிற்று. இரண்டு நாட்டு வரிக்கு நடுவில் இருந்த இடைவெளியில் பிறந்த தொழில், இடைவெளி மூடியதும் செத்தது.

மிளகு இதைவிட மோசம். வனஸ்பதியிலாவது ஆலை இருந்தது. மிளகைக் காயவைத்தாலும் அரைத்தாலும் 0904தான். எனவே அது இலங்கை மண்ணில் விளைந்திருக்கவே வேண்டும். பொது வரி 70 சதவீதம், சாஃப்டா என்கிற தெற்காசிய நாடுகளின் வரிச்சலுகை ஒப்பந்தத்தில் 8 சதவீதம், இலங்கை ஒப்பந்தத்தில் 2,500 டன் வரை சைபர். இவ்வளவு வித்தியாசம் இருந்தால் சாக்கை மாற்றிக் கட்டுகிறவன் வராமல் இருப்பானா? பிறப்பிடச் சான்றிதழ் ஒரு தாள்தானே. 2017 டிசம்பரில் கிலோவுக்கு 500 ரூபாய் குறைந்தபட்ச இறக்குமதி விலை வைத்தார்கள். மலிவு மிளகு அந்த வழியாக வருவதை அது மட்டுப்படுத்தியது; ஆனால் 500க்கு மேல் விலைச்சீட்டு போட்டுக் காட்டுவதை எந்த விதி தடுக்கும்? இலங்கையின் உண்மையான மிளகு விவசாயிக்கும் இதில் நஷ்டம்தான், அவன் பெயரை வேறொருவன் விற்றுவிட்டான்.

கேள்வி (விருதுநகர், பருப்பு மண்டி): ஆப்பிரிக்கத் துவரையை நம்பி வியாபாரம் செய்யலாமா?

நீங்கள் ஏற்கெனவே செய்துகொண்டிருப்பீர்கள், அண்ணாச்சி. மொசாம்பிக், தான்சானியா, மலாவி மூன்றிலும் அறுவடை நம் அறுவடைக்குச் சில மாதம் முந்தி. நம் கையிருப்பு கரையும் நேரத்தில் அங்கே சரக்கு வரும். இதைவிடப் பொருத்தமான கூட்டாளி கிடைப்பது கஷ்டம். 2015இல் துவரம்பருப்பு கிலோ 200 ரூபாய் தொட்டது ஞாபகம் இருக்கும். மறு வருஷமே, ஆண்டுக்கு 2 லட்சம் டன் வரை உயர்த்தி வாங்கிக்கொள்கிறோம் என்று மொசாம்பிக்கோடு ஒப்பந்தம். அங்கே விவசாயிகள் நம்பி விதைத்தார்கள். 2017இல் இங்கே நல்ல விளைச்சல், இறக்குமதிக்கு வரம்பு போட்டோம். அங்கே விலை சரிந்தது. அவர்கள் துவரையைப் பெரிதாகச் சாப்பிடுவதில்லை, வேறு யாருக்கு விற்பார்கள்? 2021இல் மறுபடி கதவைத் திறந்தோம். வாங்குகிற நாமே நிலையாக இல்லாதபோது, அவர்கள் கப்பலைத் தாமதிக்கிறார்கள் என்று குறை சொல்ல எனக்கு வாய் வராது.

கேள்வி (சென்னை): பக்கத்துப் பக்கத்து நாடுகள், ஆனால் எல்லோரும் அமெரிக்காவுக்கும் ஐரோப்பாவுக்கும்தான் விற்கிறார்கள். ஏன்?

ஒரே பொருளை வைத்திருக்கிறவர்கள் ஒருவருக்கொருவர் என்ன விற்பார்கள்? வங்கதேசம், இலங்கை, மடகாஸ்கர் எல்லாம் சட்டை தைக்கின்றன. கென்யா, இலங்கை, இந்தியா தேயிலை பறிக்கின்றன. தேயிலையில் மட்டும் ஒரு வழி பிறந்தது: பாகிஸ்தான்காரர்கள் குடிப்பது பெரும்பாலும் கென்யத் தேயிலை. ஈரானுக்குத் தர வேண்டிய 25.1 கோடி டாலர் எண்ணெய்க் கடனை மாதம் 50 லட்சம் டாலர் தேயிலையாக அடைக்க 2021இல் இலங்கை ஒப்பந்தம் போட்டது. டாலர் இல்லாத இடத்தில் பண்டமாற்று திரும்பி வந்துவிட்டது, பாருங்கள்.

இந்தக் கடலுக்குள்ளேயே பெரிதாக ஓடுவது எண்ணெய், எரிவாயு, நிலக்கரி. தூத்துக்குடி அனல்மின் நிலையங்களுக்கு வரும் இந்தோனேசிய நிலக்கரியும் இந்தக் கணக்கில்தான் சேரும்.

கேள்வி (பினாங்கு): மொரீஷியஸ் எப்படி முன்னேறியது? கரும்பு மட்டும்தானே இருந்தது?

1961இல் ஜேம்ஸ் மீட் என்ற பொருளாதார அறிஞர், பின்னால் நோபல் பரிசு வாங்கியவர், அந்தத் தீவுக்கு எதிர்காலம் இருண்டது என்கிற மாதிரி அறிக்கை எழுதினார். கரும்பு ஒன்றுதான், ஜனத்தொகை ஏறுகிறது என்பது அவர் கணக்கு. 1970இல் ஏற்றுமதி மண்டலச் சட்டம் வந்தது. மேலைநாடுகள் தங்கள் துணிக்கு வைத்த இறக்குமதி ஒதுக்கீடு தீர்ந்ததால் ஹாங்காங் துணிக்காரர்கள் அங்கே வந்து தைத்தார்கள். 1975இலிருந்து ஐரோப்பா நல்ல விலைக்குச் சர்க்கரை வாங்கியது. அந்தக் காசு சுற்றுலா விடுதியாகவும் பிறகு நிதி நிறுவனங்களாகவும் மாறியது. கூலி ஏறியபோது தையல் மடகாஸ்கருக்கு நகர்ந்தது. அதிர்ஷ்டம் உண்டு, ஆனால் வந்த சலுகை போவதற்குள் அடுத்த தொழிலுக்குத் தாவியதுதான் அவர்கள் சாமர்த்தியம். அந்த நாட்டு ரூபாய் நோட்டில் தமிழ் எழுத்து இருக்கும், கிடைத்தால் பாருங்கள்.

கேள்வி (ஒட்டன்சத்திரம்): அண்ணே, மாலத்தீவுக்குத் தோணியில் காய்கறி அனுப்பலாமா? வாடகை ஏன் இவ்வளவு சொல்கிறார்கள்?

அனுப்பலாம் தம்பி. தூத்துக்குடித் தோணிகள் மாலேக்குப் போய்க்கொண்டுதான் இருக்கின்றன. ஜூன் முதல் ஆகஸ்ட் வரை கடல் கெட்டிருக்கும், அப்போது தோணி கிடையாது. அந்த மூன்று மாதத்துக்குக் கப்பலில்தான், இல்லையென்றால் விமானத்தில். வெங்காயம், உருளை, முட்டை, அரிசி போன்றவற்றுக்கு மாலத்தீவுக்கென்று இந்தியா வருஷா வருஷம் தனி ஒதுக்கீடு தருகிறது. மற்ற நாடுகளுக்கு வெங்காய ஏற்றுமதி நின்றாலும் அந்த ஒதுக்கீட்டு அளவு வரை மாலத்தீவுக்குப் போகும். அந்தப் பட்டியலை முதலில் பார்த்துக்கொள்ளுங்கள், தாவர நலச் சான்றிதழையும் முன்கூட்டியே வாங்கிவிடுங்கள்.

வாடகை விஷயம்: மாலேயிலிருந்து திரும்பும்போது பழைய இரும்பு கிடைத்தால் உண்டு, இல்லாவிட்டால் வெறும் தோணிதான். போகிற உங்கள் தக்காளியின் தலையில்தான் வருகிற டீசல் செலவும் விழுகிறது. சீசன் தொடங்கும் செப்டம்பரில் தோணிக்காரரிடம் நேரில் பேசி, நாலைந்து நடைக்குச் சேர்த்து விலை கேளுங்கள். ஒரு நடைக்குக் கேட்டால் குறைக்க மாட்டார்.